ஸ்ரனிஸ்லாசின் சாவுகள்

ஜப்பான் சினிமாவில் ஸ்ரனிஸ்லாஸ் சாகாத படம் கிடையாது. யாழ்ப்பாணத்துக் குருநகரிலிருந்து கப்பல் வேலைக்குப் போனவர், கப்பல் கம்பனி கைவிட்டதில் யோகோஹாமாவில் தங்கிவிட்டார். அடிதடிப் படங்களில் வெளிநாட்டு முரடனாக நிற்க, நல்ல உயரமும் மீசையும் உள்ள ஆளைத் தேடிக்கொண்டிருந்தார்கள். துணை நடிகர் ஆனார். வசனம் கிடையாது. கதாநாயகன் வந்ததும் விழவேண்டும். சுட்டாலும் விழுவார், வாளால் வெட்டினாலும் விழுவார். இவர் விழுகிற அழகுக்காகவே இயக்குநர்கள் கேட்டுக் கூப்பிடுவார்களாம். அதில் மனிதருக்கு ஏகப்பட்ட பெருமை.

அந்தப் பெருமைதான் வினையாயிற்று. பிறகு டென்மார்க்குக்கு அகதியாக வந்து, வைலே நகரில் இறைச்சித் தொழிற்சாலையில் வேலை எடுத்து, ஊரிலிருந்த மனைவி மேரிகிறேசையும் மகள் றொஷானியையும் கூப்பிட விண்ணப்பித்தார். தமிழரின் விண்ணப்பங்களை அந்த நாட்டு நீதி அமைச்சு கிடப்பில் போட்ட காலம் அது. அகதியின் குடும்பம் வரலாம் என்று சட்டம் சொன்னது, அமைச்சு வாயே திறக்கவில்லை. கைக்குழந்தையாக விட்டுவந்த மகள் தன்னை அறியாமலே வளர்கிறாளே என்று ஸ்ரனிஸ்லாஸ் ஏங்கிப்போனார். வீடியோக் கடையில் தான் நடித்த படமொன்று கண்ணில் பட்டதும் வாங்கி ஊருக்கு அனுப்பிவிட்டார். ஒரு போட்டோ அனுப்பியிருக்கலாம். யார் சொல்லிக் கேட்டார்?

மேரிகிறேஸ் வீடியோ டெக்கும் ஜெனரேற்றரும் வாடகைக்கு எடுத்து, அயலட்டைச் சனத்தையும் கூப்பிட்டாள். "அந்தா அப்பா" என்று காட்டி வாய் மூடவில்லை, அப்பா கழுத்தில் வெட்டு வாங்கிச் சரிந்தார். சும்மா சரிந்தாலும் பரவாயில்லை. கலைஞர் அல்லவா, துடிதுடித்துக் கண் செருகித்தான் செத்தார். றொஷானி போட்ட கூச்சலில் வீடு இரண்டுபட்டது. நடிப்பென்று எவ்வளவு சொல்லியும் அவளுக்கு ஏறவில்லை. தகப்பனின் கடிதம் வந்தால், வேறு யாரோ எழுதுகிறார்கள் என்பாளாம். இதை மனைவியின் கடிதத்தில் வாசித்த ஸ்ரனிஸ்லாஸ் அன்று வேலைக்குப் போகவில்லை.

அமைச்சு கிடப்பில் போட்ட சங்கதி பத்திரிகைகளில் வந்து நாறிய பிறகுதான் விண்ணப்பங்கள் அசைந்தன. ஒருவழியாகத் தாயும் மகளும் கொப்பன்ஹேகன் விமான நிலையத்தில் வந்திறங்கினார்கள். ஸ்ரனிஸ்லாஸ் கைகளை நீட்டிக்கொண்டு ஓடினார். றொஷானி தாயின் சேலைக்குப் பின்னால் ஒளிந்தாள்.

"அம்மா, இவர் செத்துப்போனவர்."

"இஞ்சருங்கோ, எவ்வளவோ சொல்லிப்போட்டன். கேக்கிறாள் இல்லை" என்று மேரிகிறேஸ் அழுதாள்.

ஸ்ரனிஸ்லாஸ் நீட்டிய கைகளை இறக்கினார். அமைச்சு மறித்தது போதாதென்று, அந்தப் படத்தை அனுப்பிப் பிள்ளையைத் தானும் மறித்துவிட்டாரே. மெல்லக் குந்தினார்.

"பிள்ளை, அந்தப் படத்திலை எனக்கு என்ன நடந்தது?"

"கழுத்திலை வெட்டிப்போட்டாங்கள்."

"பிறகு?"

"பிறகு எழும்பேல்லை."

உண்மைதான். கமரா நின்ற பிறகு அவர் எழுந்து, சிவப்புச் சாயத்தைத் துடைத்துவிட்டுச் சாப்பிடப் போனதை யார் படம்பிடித்தார்கள்? ஸ்ரனிஸ்லாஸ் கழுத்தைப் பிடித்துக்கொண்டு, பெட்டி தள்ளிப்போகும் டெனிஷ்காரருக்கு நடுவே, புதுக் கோட்டோடு தரையில் விழுந்தார். துடித்தார். கண் செருகினார். காவலர் ஒருவர் பதறி ஓடிவந்தார். மேரிகிறேசை வெட்கம் பிடுங்கித் தின்றது.

பிறகு எழுந்தார். கோட்டைத் தட்டிவிட்டு நின்றார்.

றொஷானி சேலையை விட்டு மெதுவாக வந்தாள். அவரைக் குனியச் சொல்லி, கழுத்தைச் சுற்றித் தடவிப் பார்த்தாள்.

"இன்னும் ஒருக்கா எழும்புங்கோ அப்பா" என்றாள்.