பஞ்சுக்குள் மோதிரம்

கலகெதரையில் ஒரு பெண் கண்ணை மூடி மௌத்தானால், பள்ளிவாசலுக்கு ஆள் போவதற்கு முன்பே ஷஹ்மாவின் வீட்டுக்கு ஆள் வந்துவிடும். பெண் மையித்துகளைக் குளிப்பாட்டி, வெள்ளைத் துணி சுற்றிக் கபனிடுவதில் அந்தச் சுற்றுவட்டாரத்தில் அவரை மிஞ்ச ஆளில்லை. கூலி என்று ஒரு சதம் வாங்கமாட்டார். கொரோனா நாட்களில் குளிப்பாட்டாமலே பெட்டிக்குள் போன மையித்துகளை நினைத்து, யாருக்கு யாரோ என்று பாராமல், அடுப்படியில் உட்கார்ந்து அழுத மனுஷி அவர்.

புருஷன் விட்டுப்போன பிறகு ஷஹ்மா தம்பி பவாஸின் வீட்டோடு இருந்தார். பவாஸுக்கு டவுனில் ஒரு துணிக்கடை. பவாஸின் மனைவி றமீலாதான் இதில் பிழை செய்தவள். அதை இப்போதே சொல்லிவிடுவது நல்லது, ஏனென்றால் கொஞ்ச தூரம் போனதும் அவள்மேல் உங்களுக்குப் பாவம் வரும்.

றமீலாவுக்கும் மதினி ஷஹ்மாவுக்கும் சண்டை சச்சரவு எதுவும் இல்லை. இருந்திருந்தால்கூட நாலு வார்த்தை பேசித் தீர்த்திருக்கலாம். அவளை அரித்தது மதினியின் வாய்ப்பூட்டுத்தான். மையித்து வீட்டிலிருந்து வந்து, தலைக்குக் குளித்து, ஒரு பிளேன்டீயோடு மதினி உட்காரும்போது றமீலா பக்கத்தில் போய் ஒட்டிக்கொள்வாள். முகம் எப்படி இருந்தது, உடம்பில் காயம் கீயம் ஏதும் இருந்ததா, மருமகள் அழுதாளா என்று கேட்பாள். எது கேட்டாலும் மதினி "நல்லா ஈந்த" என்பார், நன்றாக இருந்தது, அவ்வளவுதான். குளிப்பாட்டுகிறவள் கண்ணால் கண்டதை வெளியில் சொல்லக்கூடாது என்பது மார்க்கம். மார்க்கம் என்று தெரிந்தும் றமீலாவுக்கு எரிச்சலாக வரும். ஊரிலுள்ள அத்தனை வீட்டு உள்ளறையையும் பார்த்த ஒருத்தி, ஒரே கூரைக்குக் கீழே இருந்துகொண்டு ஒன்றுமே சொல்லாமல் தேத்தண்ணீர் குடித்தால் யாருக்குத்தான் பொறுக்கும்?

றமீலா கதை சொல்லுகிறவள். பள்ளிக்கூட நாட்களிலேயே பரிசு வாங்கியவள். பெண்களின் வாட்ஸ்அப் குழுவொன்றில் வெள்ளிக்கிழமை தோறும் தொடர்கதை சொல்லிக் குரல்பதிவு போட்டுவந்தாள். பெண்கள் இடியப்பம் பிழிந்துகொண்டும் பிள்ளைக்குச் சோறு ஊட்டிக்கொண்டும் அதைக் கேட்பார்கள். முதல் இரண்டு தொடர்களிலும் நல்ல பெண்கள் கஷ்டப்பட்டு நல்லபடி முடிந்தார்கள். கேட்டவர்கள் "மாஷா அல்லாஹ்" என்று எழுதிவிட்டு வேறு வேலை பார்க்கப் போனார்கள். மூன்றாவது தொடரில்தான் ஜெஸீமா வந்தாள்.

ஜெஸீமா ஒரு குடும்பத்தின் மூத்த மதினி. மையித்துக் குளிப்பாட்டுகிறவள். வெளியே தஸ்பீஹ் மணி உருட்டுவாள். உள்ளே அறைக் கதவைச் சாத்தியதும் அவள் வேறு ஆள். மையித்தின் விரலிலிருந்து மோதிரத்தைக் கழற்றி, ஈரப் பஞ்சுக்குள் வைத்துச் சுருட்டி, கழிவு வாளிக்குள் போடுவாள். வீட்டார் முன்னாலேயே அந்த வாளியைத் தூக்கிக்கொண்டு நடந்துபோவாள். கண்ணீரும் விடுவாள். அந்தக் கட்டத்தை றமீலா திரும்பத் திரும்பப் பதிவு செய்தாள். பஞ்சு சுருள்கிற இடத்தில் குரலைத் தாழ்த்தி, கொஞ்சம் நிறுத்தி, மறுபடி எடுத்தாள். சொல்லும்போது அவளுக்கு உடம்பு சிலிர்த்தது. அது வெறுப்பினால் வந்த சிலிர்ப்பு இல்லை. களவு அத்தனை அழகாக அமைந்துவிட்ட சந்தோஷம்.

குழு கொந்தளித்துப்போனது. ஜெஸீமாவைத் திட்டாத வாய் இல்லை, ஜெஸீமாவைக் கேட்காமல் உறங்கிய ஆளும் இல்லை. அடுத்தது என்ன செய்வாள் என்று வியாழக்கிழமையே விசாரிக்கத் தொடங்கினார்கள். கல்ஹின்னையிலிருந்து ஒருத்தி, இந்த முறை அவள் காதுப்பூவையும் எடுக்கட்டுமே என்று யோசனை சொன்னாள். கடையில் கல்லாப்பெட்டிக்குப் பின்னால் இருந்துகொண்டு பவாஸும் கேட்டுச் சிரித்தான். உன் வாய்க்கு யாரும் தப்ப முடியாது என்று மனைவியைப் பாராட்டினான். அக்காவின் தொழிலைத்தான் அவள் எடுத்திருக்கிறாள் என்பது அவனுக்கு ஏனோ தைக்கவில்லை. றமீலாவுக்குத் தைத்தது. ஆனால் கதை கதைதானே, கடைசியில் ஜெஸீமா பிடிபடப்போகிறாள், படிப்பினை இருக்கிறது, அப்புறம் என்ன என்று தன்னைத் தேற்றிக்கொண்டாள். மதினியிடம் இருந்தது பழைய பொத்தான் போன். அவர் எங்கே இதைக் கேட்கப்போகிறார்?

முஹ்ஸின் ஹாஜியாரின் மனைவி மௌத்தானது ஒரு செவ்வாய்க்கிழமை. வீடு இரண்டு சந்தி தள்ளித்தான். செய்தி கேட்டதும் ஷஹ்மா வழக்கம்போல முகம் கைகால் கழுவி உளூச் செய்து, சாமான் பையை எடுத்து முன்னறைக் கதிரையில் வைத்துவிட்டுக் காத்திருந்தார். மதிய லுஹர் தொழுகை முடிந்தது. பின்னேரம் அஸர் தொழுகைக்கு ஜனாஸாவைத் தூக்கிக்கொண்டு பள்ளிக்குப் போய்விட்டார்கள். மடவளையிலிருந்து வேனில் பெண்களை வரவழைத்துக் குளிப்பாட்டினார்களாம். மதினி பையை எடுத்துப் பழையபடி அலுமாரிக்குள் வைத்தார். "எனக்கும் முழங்கால் வருத்தம் எண்டு அவங்களுக்குத் தெரியும்தானே" என்று பவாஸிடம் சொன்னார். றமீலா குசினிக்குள் தேங்காயைத் துருவிக்கொண்டே நின்றாள்.

அடுத்த மௌத்துக்கும் கூப்பிடவில்லை. அதற்கடுத்ததற்கும் இல்லை.

பொறுக்கமாட்டாமல் றமீலா ஹாஜியாரின் மகள் இன்ஷிராவைப் போய்ப் பார்த்தாள். கடைசிவரை சுற்றி வளைத்துப் பேசிவிட்டு, ஏன் மதினியைக் கூப்பிடவில்லை என்று கேட்டாள். இன்ஷிரா படித்தவள், ஆசிரியை, பொய் சொல்லத் தெரியாதவள்.

"கதை எண்டு எனக்கும் வெளங்கிதுதான், றமீலாத்தா. ஆனா உம்மா கண்ண மூடிப் படுத்து ஈக்கிய நேரம் எனக்கு அந்தப் பஞ்சுதான் நெனவு வந்த. நான் என்ன செய்ய?"

றமீலா வீட்டுக்கு வந்து ஒரு பதிவு போட்டாள். கதையில் வருவதெல்லாம் கற்பனை, யாரையும் குறிப்பதில்லை, தயவுசெய்து யாரும் தவறாக எடுக்கவேண்டாம் என்றாள். அது எரிகிற அடுப்பில் எண்ணெய் ஊற்றியது மாதிரி ஆனது. அதுவரை யோசிக்காதவர்களும் யோசிக்கத் தொடங்கினார்கள். நெருப்பில்லாமல் புகையுமா, ஒரே வீட்டில் இருக்கிறவள் இவ்வளவு பதறுகிறாள் என்றால் ஏதோ இருக்கிறது என்று பேச்சு நடந்தது. பிறகு அவசர அவசரமாக ஜெஸீமாவைப் பிடித்துக்கொடுத்து, ஊரார் முன்னால் கூனிக்குறுக வைத்து, கதையை முடித்தாள். அந்தப் பதிவுக்கு முன்னெப்போதும் வராத அளவு பாராட்டு வந்தது. களவை ரசித்தவர்கள் தண்டனையையும் அதே வாயால் ரசித்தார்கள். படிப்பினை என்று அவள் நம்பியிருந்தது யாருடைய மனதிலும் தங்கவில்லை. பஞ்சு மட்டும் தங்கியது.

மதினியிடம் எல்லாவற்றையும் சொல்லி மன்னிப்புக் கேட்கவேண்டும் என்று தினமும் நினைப்பாள். ஆனால் மதினிக்குத் தெரியாததை நாமே போய்ச் சொல்லிப் புண்படுத்துவானேன் என்று அன்றைக்கன்றைக்கு ஒரு சாட்டுக் கிடைக்கும். மதினியோ முன்னைவிட அதிகமாகக் குர்ஆன் ஓதினார், குறைவாகச் சாப்பிட்டார். முன்பு வீதியில் போகிற பெண்கள் கேற்றடியில் நின்று அவரோடு கதைப்பார்கள். இப்போது ஸலாம் சொல்லிவிட்டு நடையைக் கட்டினார்கள்.

இப்படி இருக்கும்போதுதான் கட்டுகஸ்தோட்டையில் றமீலாவின் உம்மா மௌத்தானார்.

றமீலாவும் பவாஸும் ஷஹ்மாவும் போய்ச் சேர்ந்தபோது வீடு நிறையப் பெண்கள். உம்மாவோடு இருந்த மூத்த மகள், றமீலாவின் ராத்தா ரிப்கா, அழுது வீங்கிய முகத்தோடு அவளைத் தனியே கூப்பிட்டு, மடவளைக்குப் போன் பண்ணியாயிற்று, குளிப்பாட்ட ஆட்கள் வருகிறார்கள் என்றாள். உன் மதினி பாவம், அவவைக் கஷ்டப்படுத்த வேண்டாமே என்று சேர்த்துக்கொண்டாள். றமீலா ராத்தாவின் முகத்தைப் பார்த்தாள். ராத்தாவும் அந்தக் குழுவில் இருந்தவள்தான். உம்மாவைப் பறிகொடுத்த துக்கத்தோடு றமீலாவுக்கு அவமானமும் சேர்ந்துகொண்டது. பெண்கள் நிறைந்த அறைக்கு நடுவில் வந்து நின்று, எல்லோருக்கும் கேட்கும்படி சொன்னாள்.

"ஜெஸீமா எண்டு ஒருத்தியும் இல்ல. அந்தக் களவு என்ட வாயால நான் கட்டின பொய். என்ட மதினி ஒரு ஊசியச் சரி எடுத்தவ இல்ல. என்ட உம்மாவ அவதான் குளிப்பாட்டணும், வேற யாரும் தொடப்படாது."

வாசலில் நின்ற ஷஹ்மா பையைத் திறந்து, கைகளைக் கழுவிக்கொண்டு உள்ளே வந்தார். பல மாதங்களுக்குப் பிறகு றமீலாவுக்கு நெஞ்சில் இருந்த பாரம் கொஞ்சம் இறங்கியது. ஒருவழியாகச் சரிசெய்துவிட்டோம் என்று நினைத்தாள்.

பின்னறையில் திரை கட்டி உம்மாவைக் கிடத்தினார்கள். மகள்மார் இருவரும் கூட நின்றார்கள். உம்மாவின் விரலில் ஒரு மெல்லிய மோதிரம் இறுகிப்போய்க் கிடந்தது. மதினி அதைச் சவர்க்காரம் தடவி, உயிரோடு இருக்கிறவருக்கு நோகாமல் கழற்றுவது போல, மெதுமெதுவாகக் கழற்றி ஜன்னல் கட்டின்மேல் வைத்தார். பிறகு தண்ணீர் ஊற்றச் சொன்னார். றமீலா ஊற்றினாள். உம்மாவின் முதுகில் படுக்கைப் புண்கள் இருந்தன. ரிப்கா கூட இருந்தும் இப்படி விட்டுவிட்டாளே என்று றமீலாவின் வாய்வரை வந்தது. மதினியின் கை அந்தப் புண்களின்மேல் துணியை விரித்து மறைத்துக்கொண்டே கழுவியது. ரிப்கா விம்மினாள். மதினி அவள் தோளைத் தொட்டு, வெளியே போய்க் கொஞ்சம் இருந்துவிட்டு வரச் சொன்னார். அந்த நேரத்தில் மதினியைப் போல ஒரு மனுஷி ஊரில் இல்லை என்று றமீலா மனதாரச் சொல்லிக்கொண்டாள். பொய்யில்லை, உண்மையாகவே அப்படித்தான் நினைத்தாள்.

கபனிட்டு, கற்பூரம் வைத்து, எல்லாம் முடிந்தது. கை துடைக்கத் திரும்பியவள் ஜன்னல் கட்டைப் பார்த்தாள். மோதிரம் இல்லை.

ஒரு கணம்தான். கண்ணை மூடித் திறக்கிற நேரம் கூட இல்லை. அவளைக் கேளாமலே அவள் பார்வை இறங்கி, மதினியின் காலடியில் இருந்த வாளிக்குள் கிடந்த ஈரப் பஞ்சின்மேல் போய் நின்றது. நிமிர்ந்தபோது மதினி அவளையே பார்த்துக்கொண்டிருந்தார்.

திரைக்கு வெளியே இருக்கிறவர்களுக்குக் கேட்காதபடி மதினி தாழ்ந்த குரலில் சொன்னார். "மோதிரத்த ரிப்கா எடுத்துட்டுப் போன. வேணுமெண்டா பஞ்சையும் அவுத்துப் பாத்துக்கோ, றமீலா."

பெண்கள் முன்னால் பேசியபோது பஞ்சைப் பற்றி றமீலா ஒரு சொல்லும் சொல்லியிருக்கவில்லை. அப்படியென்றால் மதினிக்கு முன்பே எல்லாம் தெரிந்திருக்கிறது. எந்த வீட்டுக் குசினியிலோ, யாருடைய போனிலோ, ஜெஸீமாவின் கதை முழுவதையும் கேட்டுவிட்டுத்தான் வீட்டுக்கு வந்து, அவள் சமைத்ததைச் சாப்பிட்டுவிட்டு, ஒன்றும் கேளாமல் இருந்திருக்கிறார்.

ஜனாஸாவைத் தூக்கிக்கொண்டு ஆண்கள் போனபின், ஷஹ்மா பின்வளவுப் பைப்படியில் கையையும் காலையும் கழுவிக்கொண்டிருந்தார். றமீலா போய் அவர் கையைப் பிடித்துக்கொண்டு அழுதாள். தன்னை மன்னிக்கும்படி கேட்டாள். மதினி கையை இழுக்கவில்லை. மற்றக் கையால் பைப்பைப் பூட்டினார். உம்மாவை இழந்த பிள்ளை என்று முதலில் அவள் தலையைத் தடவிக்கொடுத்தார். கோபமாகப் பேசியிருந்தால் றமீலா தாங்கியிருப்பாள். அவரோ உண்மையிலேயே விளங்காத ஒன்றைக் கேட்பவரைப் போலக் கேட்டார்.

"ஊர்ல உள்ளவங்களோட எனக்குக் கோவமில்ல. நீ செல்லினத அவங்க கேட்டு நம்பின. அது பொய்யெண்டு நிச்சயமாத் தெரிஞ்ச ஆள் துனியாவில நீ ஒருத்திதான். நீ எப்பிடி அந்தப் பஞ்சப் பாத்த?"

எத்தனையோ பேரின் வாயில் எத்தனையோ வசனத்தை வைத்தவளுக்குத் தன் வாயில் வைக்க ஒன்றும் அகப்படவில்லை. மதினி முந்தானையால் கையைத் துடைத்துக்கொண்டு உள்ளே போனார்.