எழுபத்து நான்காவது மங்கல்

மெஸ்ஸியர் பட்டியல் ஒரு குப்பைப் பட்டியல். இதை எங்கள் வானியல் சங்கத்தில் சொன்னால் அடிக்க வருவார்கள். ஆனால் உண்மை அதுதான். இருநூற்றைம்பது வருடத்துக்கு முன்னால் மெஸ்ஸியர் என்ற அந்தப் பிரெஞ்சுக்காரர் தேடியது வால்நட்சத்திரங்களை. வால்நட்சத்திரம் மாதிரியே மங்கலாகத் தெரிந்து, ஆனால் நகராமல் அதே இடத்தில் நின்று அவரை ஏமாற்றியவற்றுக்கெல்லாம் எண் போட்டு எழுதி வைத்தார். இன்னொரு தடவை ஏமாறக் கூடாது, அவ்வளவுதான். அவர் ஆசையாகத் தேடிப் பிடித்த வால்நட்சத்திரங்களை இன்று ஒருவரும் சீந்துவதில்லை. வேண்டாம் என்று ஒதுக்கியவற்றில் நாற்பது, கோடிக்கணக்கான சூரியன்கள் அடங்கிய கேலக்ஸிகள் என்று பிற்பாடு தெரிந்தது. அதற்குள் மனிதர் செத்து நூறு வருடம் ஆகிவிட்டது. அந்த நாற்பதில் பலவற்றை முதலில் பார்த்ததே அவர் இல்லை, அவருடைய கூட்டாளி. நூற்றிரண்டாம் எண் எதைக் குறிக்கிறது என்று இன்னமும் தகராறு ஓடுகிறது.

எங்கள் சங்கத்துக்கு அந்த நாற்பதுதான் வேதம். சங்கத்தின் டெலஸ்கோப் ஊருக்கு வெளியே ஒரு மேட்டில், திறந்து மூடும் கூரை போட்ட வட்டமான அறையில் இருக்கிறது. நாற்பது கேலக்ஸியையும் அதன் வழியாகப் பார்த்து, பார்த்த இடத்திலேயே பென்சிலால் வரைந்து காட்டுபவருக்கு அந்த அறையின் சாவி ஒரு வருடத்துக்குக் கொடுக்கப்படும். மற்றவர்கள் கூட்டம் நடக்கும் நாளில் போய், ரேஷன் கடை மாதிரி வரிசையில் நின்று, பின்னால் நிற்பவர் இருமுவதற்குள் ஒரு கண் பார்த்துவிட்டு நகர வேண்டும்.

என் அக்காவுக்கு அந்தச் சாவி வேண்டும். வேறு எதையும் அவள் இப்படிக் கேட்டு நான் பார்த்ததில்லை. பல் செட் செய்யும் லேபில் அவளுக்கு வேலை. பொய்ப் பல்லின் நிறத்தைப் பக்கத்துப் பல்லோடு பொருத்த வேண்டும். நமக்கு ஒரே வெள்ளையாகத் தெரிவதில் அவள் ஏழெட்டு வெள்ளை பிரிப்பாள். அந்தக் கண்ணோடு வரிசையில் நின்று முப்பத்தொன்பது வரைந்துவிட்டாள். மிச்சம் ஒன்று, எழுபத்து நான்காம் எண். அது பரந்து கிடக்கிற மிக மெல்லிய வெளிச்சம். ஒவ்வொரு முறையும் அவள் முறை வருவதற்குள் அது மேற்கே தாழ்ந்து தூசிக்குள் போய்விடும். கடைசியில் வட்டம் போட்டு, சுற்றியிருந்த நட்சத்திரங்களைப் புள்ளி வைத்து, நடுவை வெறுமையாக விட்டு, கீழே 'தெரியவில்லை' என்று எழுதினாள்.

"நடுவுல பென்சிலைத் தேய்ச்சு விரலால இழுத்து விடு. யாரு பாக்கப்போறாங்க?" என்றேன்.

"பாக்காததை எப்படிடா வரையறது?"

"பாத்த முப்பத்தொன்பது மட்டும் என்ன ரவிவர்மா ஓவியமா? எல்லாம் ஈரத்துணியில சாம்பல் கொட்டின மாதிரிதான் இருக்கு."

"அந்தச் சாம்பலை நான் பாத்தேன். இதைப் பாக்கல. போய் உன் வேலைக்குக் கிளம்பு."

என் வேலை மருந்துக் கிடங்கில் ராத்திரி முழுக்க வெப்பநிலைத் திரையைப் பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருப்பது. இயற்பியலை மூன்றாம் வருடத்தில் விட்டுவிட்டு வந்தவனுக்கு அது போதும்.

ஞாயிற்றுக்கிழமை மத்தியானம், சாவி யாருக்கு என்று முடிவு செய்யும் கூட்டம். செயலாளருடைய ஜெராக்ஸ் கடைக்கு மேலே உள்ள அறையில் கயிறு கட்டி, துணி காயப்போடுவது போலப் படங்களைக் கிளிப்பில் மாட்டியிருந்தார்கள். ஒரு கயிற்றில் அக்காவுடையவை. எதிர்க் கயிற்றில் தலைவருடைய நாற்பது. தலைவர் ஓய்வுபெற்ற இன்ஜினியர். வீட்டில் பேச ஆள் கிடைக்காததால் சங்கம் நடத்துகிறவர் என்பது என் அபிப்பிராயம்.

தலைவர் படங்களில் கேலக்ஸிகள் பிறந்தநாள் கேக் மாதிரி இருந்தன. சுருள் கைகள், கைகளில் முடிச்சுகள், நடுவே பளிச்சென்று கரு. ஜனங்கள் ஆஹா ஓஹோ என்றார்கள். செயலாளர் அக்காவின் கயிற்றுக்கு வந்து கண்ணாடியைத் தூக்கிப் பார்த்தார்.

"மேடம், டோனர் தீர்ந்துபோன மெஷின்ல எடுத்த காப்பி மாதிரி இருக்கே!"

எல்லாரும் சிரித்தார்கள். டெலஸ்கோப்பில் கேலக்ஸி எப்படித் தெரியும் என்று அந்த அறையில் முக்கால்வாசிப் பேருக்குத் தெரியாது. வரிசையில் நின்று, கண்ணை வைத்து, ஒன்றும் புரியாமல், "சூப்பர் சார்" என்று சொல்லிவிட்டு டீ குடிக்கப் போனவர்கள்.

நான் தலைவரின் ஐம்பத்தொன்றாம் எண் முன்னால் நின்றேன். சுருள் கேலக்ஸி, பிரபலமானது. எங்கள் டெலஸ்கோப்பில் கழுத்து வலிக்காமல் குனிந்து பார்ப்பதற்காகக் கண் வைக்கும் இடத்தில் ஒரு கண்ணாடி உண்டு. அது எல்லாவற்றையும் இடம் வலமாகத் திருப்பிக் காட்டும். புகைப்படத்தில் சுருள் ஒரு பக்கம் சுற்றினால் அதில் மறுபக்கம் சுற்ற வேண்டும். தலைவருடைய சுருள் புகைப்படத்தில் உள்ள பக்கமே சுற்றியது. அடுத்ததைப் பார்த்தேன். அதுவும் அப்படியே. நாற்பதும் புத்தகத்தைப் பார்த்து வரைந்தவை. திருடத் தெரிந்தவருக்குத் திருப்பத் தெரியவில்லை.

அக்காவிடம் காதோடு சொன்னேன். அவள் என் மணிக்கட்டைப் பிடித்து நகம் பதிய அழுத்தினாள்.

"வாயை மூடிட்டு இரு."

பயப்படுகிறாள் என்று நினைத்தேன். தலைவருக்குப் போடச் செயலாளர் மாலையைக் கையில் எடுத்த நேரத்தில் எழுந்தேன்.

"சார், ஒரு சந்தேகம். நம்ம டெலஸ்கோப்ல இருக்கிற கண்ணாடியைக் கழட்டிட்டா பாத்தீங்க?"

"இல்லையே தம்பி, ஏன்?" என்றார் தலைவர்.

"அப்ப உங்க சுருள் எல்லாம் தப்புப் பக்கமா சுத்துதே. கண்ணாடி உங்களுக்கு மட்டும் திருப்பிக் காட்டலையா?"

அக்காவின் ஐம்பத்தொன்றாம் எண் படத்தைக் கழற்றி அவருடையதற்குப் பக்கத்தில் பிடித்தேன். நட்சத்திரப் புள்ளிகள் ஒன்றுக்கொன்று எதிர்ப்பக்கம் இருந்தன. சின்னப் பிள்ளைக்கும் புரியும். அறைக்குப் புரியக் கொஞ்ச நேரம் பிடித்தது.

"ஜனங்களுக்குப் புரியட்டும்னு சார் திருத்தி வரைஞ்சிருப்பார்" என்றார் செயலாளர்.

செயலாளர் எடுத்துக் கொடுத்த சாக்கைத் தலைவர் பிடித்துக்கொள்ளவில்லை. நாற்காலியில் உட்கார்ந்தார்.

"நாப்பதையும் பாத்தேன்பா. சத்தியமா பாத்தேன். எல்லாமே புகை. ஒண்ணுலயாவது ஒரு கை, ஒரு சுருள் தெரியணுமே! எனக்குத்தான் கண்ணு போச்சுன்னு நினைச்சேன். டாக்டர்கிட்டகூடக் காட்டினேன். இதை எப்படி வெளிய சொல்றது? அதான், என்ன தெரியணுமோ அதை வரைஞ்சுட்டேன்."

யாரோ கெக்கென்று சிரித்தார்கள். அக்கா சிரிக்கவில்லை.

"புகைதான் சார். உங்க கண்ணுல ஒண்ணும் இல்ல. அது அவ்வளவுதான் தெரியும்."

தலைவர் அவளை நிமிர்ந்து பார்த்தார். பொய் பிடிபட்டவனின் முகத்தில் அவ்வளவு நிம்மதியை நான் எதிர்பார்க்கவில்லை. எரிச்சலாக இருந்தது.

செயலாளர் மாலையைக் கவரில் திரும்பப் போட்டுவிட்டுத் தீர்ப்புச் சொன்னார். தலைவருடைய நாற்பது செல்லாது. மேடத்துடையது முப்பத்தொன்பதுதான், விதிப்படி அதுவும் செல்லாது. விசாரணைக் கமிட்டி போடப்படும். அதுவரை டெலஸ்கோப் அறை பூட்டியிருக்கும், சாவி செயலாளரிடம் இருக்கும். எல்லாரும் கை தட்டினார்கள். எதற்கென்று கேட்டால் ஒருவருக்கும் தெரியாது.

மாடிப்படியில் அக்கா நின்றாள்.

"அவர் புத்தகத்தைப் பாத்து வரைஞ்சது உனக்கு முன்னாடியே எனக்குத் தெரியும்டா. முதல் படத்துலயே தெரியும்."

"அப்புறம் ஏன் சும்மா இருந்தே?"

"அவருக்கு இப்ப முட்டிவலி. இனிமே மேடு ஏற முடியாது. சாவி கைக்கு வந்ததும் என்கிட்ட கொடுத்துடறேன்னு போன வாரமே சொல்லிட்டார். அவருக்குப் பேரு, எனக்கு அறை. வரிசை இல்ல, இருமல் இல்ல. இருட்டினதும் நேரா எழுபத்து நாலுக்குத் திருப்பியிருப்பேன். இன்னும் பத்து நாள் அது மேற்கே நிக்கும். அப்புறம் சூரியன் பின்னாடி போயிடும். திரும்பச் சாயங்காலத்துல வர மாசக்கணக்காகும்."

"என்கிட்ட சொல்லியிருக்கலாம்ல?"

அவள் படியில் இறங்கிப் போனாள்.

மறுநாள் ஷிஃப்ட் முடிந்து நேராக ஜெராக்ஸ் கடைக்குப் போனேன். செயலாளர் யாருடைய ஆதார் அட்டையையோ நகல் எடுத்துக்கொண்டிருந்தார். பத்து நாளைக்கு மட்டும் அக்காவிடம் சாவியைக் கொடுங்கள் என்று கேட்டேன். நான் யாரிடமும் எதையும் கேட்கிற ஆள் இல்லை. கேட்டேன்.

"விசாரணைன்னா விசாரணைதான் தம்பி. நியாயம் பேசினது நீங்கதானே?"

தலைவர் வீட்டுக்கும் போனேன். கதவைத் திறந்தவர் என்னை உள்ளே கூப்பிடவில்லை. ராஜினாமா கொடுத்தாயிற்று, இனி அந்தப் பக்கமே வருவதாக இல்லை என்றார். கமிட்டிக்கு மூன்று பேர் வேண்டும். இரண்டு பேர்தான் கிடைத்தார்கள், அவர்களுக்கும் ஒரே நாள் ஒத்துவரவில்லை.

பத்தாம் நாள் சாயங்காலம் அக்கா வற்புறுத்தாமலே நானும் அவளோடு மேட்டுக்குப் போனேன். வானம் கழுவி விட்டது போல இருந்தது. கதவில் பூட்டு. ஜன்னல் வழியாகப் பார்த்தால் டெலஸ்கோப்பைச் சுற்றிச் சங்கத்தின் பிளாஸ்டிக் நாற்காலிகளை அடுக்கி வைத்திருந்தார்கள். டெலஸ்கோப்பின் மேல் ஆண்டு விழா பேனரைச் சுற்றியிருந்தார்கள். கீழே ஓடாத ஜெராக்ஸ் மெஷின் ஒன்று. செயலாளருக்குக் கடையில் இடம் போதாது போல.

அக்கா கதவுக்கு முதுகைக் காட்டிப் படியில் உட்கார்ந்து மேற்கே பார்த்தாள். வெறும் கண்ணுக்கு அங்கே ஒன்றும் தெரியாது. அவளுக்கும் அது தெரியும்.

"நான் சொன்னது தப்பா?" என்றேன்.

"தப்பில்ல. நீ எப்பவும் சரியாத்தான் சொல்ற. அதனாலதான் உன்கிட்ட யாரும் எதுவும் சொல்றதில்ல."

தொடுவானத்துக்கு மேல் இருந்த வெளிச்சம் போகும்வரை அவள் எழுந்திருக்கவில்லை. எனக்கு ஷிஃப்டுக்கு நேரமாகிக்கொண்டிருந்தது. போகட்டுமா என்று கேட்டேன். போ என்றாள்.