கடைசிப் படி

தம்பி என்ன வேலை செய்கிறான் என்று யாராவது கேட்டால், தரையில் உருளுகிறான், அதற்கும் நாலு பேர் கை தட்டுகிறார்கள் என்பாள் அக்கா. அவளோ கட்டடங்களுக்கு வரைபடம் போடுகிறவள். நவீன நடனம் என்று அழைப்பிதழில் போட்டால் கொஞ்சம் எடுப்பாக இருக்குமே என்றுதான், தன் வரைபடத்தில் எழும்பிய முதல் கட்டடத்தின் திறப்பு விழாவில் ஆட அவனை அழைத்திருந்தாள்.

விழாவுக்கு முந்தின நாள் ஒத்திகைக்கு வந்தவன், கூடத்தின் நடுவே இருந்த பெரிய படிக்கட்டில் நாலு தடவை ஏறினான். நாலு தடவையும் கடைசிப் படியில் இடறினான்.

"அக்கா, இந்தப் படி மட்டும் உசரமா இருக்கு."

உன் கால்தான் கோணல் என்று எரிந்து விழுந்தாள். அவன் அந்தப் பக்கம் போனதும் அளவு நாடாவை எடுத்தாள். ஒன்றரை அங்குலம் கூடுதல். மாடித் தரைக்குத் தடிமனான கல்லைக் கடைசி நேரத்தில் தேர்ந்தெடுத்தவள், படிக்கணக்கை மாற்ற மறந்திருந்தாள். இது வெளியே தெரிந்தால் மாட்டுக்கொட்டகை கட்டக்கூட இனி யாரும் கூப்பிட மாட்டார்கள்.

எப்படியாவது இதை மறைத்துவிடு என்று தம்பியிடம் கெஞ்சினாள். விழா முடிந்த கையோடு படியை இடித்துச் சரிசெய்ய வேண்டும் என்ற நிபந்தனையோடு அவன் இறங்கி வந்தான். ஆட்டக்காரர்கள் ஆறு பேரும் கடைசிப் படியில் வேண்டுமென்றே தடுக்கி விழுந்து, புரண்டு எழுவதாக ஆட்டத்தை மாற்றினான்.

மறுநாள் ஆட்டத்தைப் பார்த்துக் கூட்டம் சொக்கிப்போனது. முடிந்ததும் விருந்தினர்கள் மாடி ஏறினார்கள். ஒவ்வொருவராகக் கடைசிப் படியில் தடுக்கினார்கள். தாங்களும் கலையில் பங்கெடுத்துவிட்ட பெருமையில் பல்லைக் காட்டினார்கள். ஆசாமிகள் இவ்வளவு அப்பாவிகளா என்று அக்காவுக்குச் சிரிப்பு வந்தது.

அப்போது நிறைமாதக் கர்ப்பிணி ஒருத்தி ஏறினாள். கால் இடறி முன்னால் சாய்ந்தவளை, மேலே நின்றிருந்த அக்கா பாய்ந்து தாங்கிப் பிடித்தாள். அவள் சுதாரித்துக்கொண்டு சிரித்தாள். அக்காவுக்குத்தான் தன்னை நினைத்தே வெட்கமாக இருந்தது.

"யாரும் ஏறாதீங்க. இது ஆட்டம் இல்ல. நான் படி அளவைத் தப்பா போட்டுட்டேன்."

கூடமே கை தட்டியது. உரக்க இன்னொரு முறை சொன்னாள். கைத்தட்டலும் உரத்தது. கட்டடத்தின் சொந்தக்காரர் கண்ணைத் துடைத்துக்கொண்டார்.

தட்டாமல் நின்றவன் தம்பி மட்டும்தான். அவன் ஏறி வந்து, அவளையும் பக்கத்தில் இருத்திக்கொண்டு, வழியை மறித்து உட்கார்ந்தான்.