சா என்றாள், வா என்றாள்

கல்யாணமான மறுநாள் மத்தியானம் மா மியா தன் புருஷனிடம் அன்போடு ஒரு சொல் சொன்னாள். செல்லக்கண்ணு உடனே செத்துப்போனான். 1922-ஆம் வருஷம், ரங்கூனில், பசுந்தாங் கால்வாய்க் கரை அரிசி ஆலைகளுக்குப் பின்னால் இருந்த சந்தில் இது நடந்தது. அவள் சொன்னது ‘சா பா’. பர்மியர் வீட்டில் சோற்றைப் போட்டுவிட்டு வாயை மூடிக்கொண்டு இருக்கமாட்டார்கள். ‘சா பா’ என்று உபசரிப்பார்கள். ‘சா’ என்றால் அவர்கள் மொழியில் சாப்பிடு. செல்லக்கண்ணுவின் காது தஞ்சாவூர்ப் பக்கத்தில் செய்த காது. அதில் ‘சா’ என்று விழுந்தால் ஒரே அர்த்தம்தான். பெண்டாட்டியின் சொல்லை முதல் நாளே தட்டக்கூடாது என்று நினைத்தானோ என்னவோ, பிசைந்த சோற்றில் கை இருக்க, அப்படியே சாய்ந்தான். மருந்துக்கடை வங்காளி டாக்டர் வந்து நாடி பார்த்து, நெஞ்சில் காது வைத்து, உயிர் இல்லை என்று இந்துஸ்தானியில் சொல்லிவிட்டுக் குடையை எடுத்துக்கொண்டு போனார்.

அவன் ஆலையில் பாய்லருக்கு உமி தள்ளுகிறவன். அவள் ஆலை வாசலில் மொஹிங்கா விற்கிறவள். மீன்குழம்பு ஊற்றிய அரிசிச் சேமியா அது, அந்தப் பக்கத்தில் காலைப்பசிக்கு வேறு மருந்து கிடையாது. அவனுக்குப் பர்மிய மொழி தெரியாது, அவளுக்குத் தமிழ் தெரியாது. இருவருக்கும் பொதுவாக இருந்தது பஜார் இந்துஸ்தானி. அதில் மிளகாய்க்கும் மீனுக்கும் இருக்கிற அளவுக்குக் காதலுக்குச் சொற்கள் இல்லை. இருந்தும் காதலித்தார்கள். அந்த நாளைய ரங்கூனில் இது அதிசயமில்லை. தெலுங்கில் மூட்டை தூக்கி, குஜராத்தியில் பேரம் முடித்து, சீனத்தில் நாற்காலி செய்து, தமிழில் திட்டி, பர்மிய மொழியில் சமாதானம் ஆகிற ஊர் அது. ஒரு மொழி மட்டும் தெரிந்தவனை அங்கே அரைச் செவிடனாகத்தான் பார்த்தார்கள். கடையில் அவள் எத்தனையோ முறை ‘சா பா’ சொல்லியிருக்கிறாளே, அப்போதெல்லாம் ஏன் சாகவில்லை என்று கேட்கலாம். கடையில் சொன்னது எல்லாருக்கும் பொது. வீட்டில் சொன்னது அவன் ஒருவனுக்கு.

சாயங்காலம் தூக்குவதாக ஏற்பாடு. மா மியா மத்தியானத்திலிருந்து ஒன்றும் சாப்பிடாமல் அழுதுகொண்டிருந்ததால் அக்கம்பக்கத்துப் பர்மியப் பெண்கள் ஒரு கிண்ணத்தில் கஞ்சி கொண்டுவந்து வற்புறுத்தினார்கள். அவள் கிண்ணத்தைத் தள்ளி, போதும், வயிறு நிறைந்திருக்கிறது என்றாள். வயிறு நிறைவதற்குப் பர்மிய மொழியில் ‘வ’ என்று ஒரு சின்னச் சொல். சொல்வது தெரியாமல் சொல்லி முடிகிற குறில். ஆனால் அழுகிறவள் வாயில் எந்தக் குறில் குறிலாக வரும்? அது ‘வா’ என்று நீண்டு, வீட்டை நிறைத்து, பாடையில் கிடந்தவன் காதில் போய் விழுந்தது. செல்லக்கண்ணு எழுந்து உட்கார்ந்தான். “ஏன், சோறு இன்னும் இருக்கா?” என்று கேட்டான். பாடை கட்டியவர்கள் கால்வாயில் குதித்தார்கள். அவர்களில் ஒருவருக்கு நீச்சல் தெரியாது, சட்டகாங் சம்பான்காரர் ஒருவர் இழுத்துத் தன் படகில் போட்டார்.

நடந்தது இன்னதென்று கண்டுபிடித்தவர் எதிர்ச்சாரியில் பருப்புக்கடை வைத்திருந்த ஷம்சுதீன். நாகூர்க்காரர். தமிழும் பர்மிய மொழியும் அவருக்கு வலது கையும் இடது கையும். “மௌத்தாக்குனதும் அந்தப் புள்ளதான், திருப்பிக் கூப்புட்டதும் அந்தப் புள்ளதான். அதுக்குத் தெரியாது. அது சாப்புடச் சொல்லிச்சு, இவன் செத்தான். அது வயிறு ரொம்பிடுச்சுன்னு சொல்லிச்சு, இவன் வந்துட்டான்” என்று இரண்டு மொழியிலும் இரண்டு பக்கத்தாருக்கும் விளக்கினார். மா மியா காதைப் பொத்திக்கொண்டு, இனி அந்தச் சொல் தன் வாயிலிருந்து வராது என்று புத்தர் முன்னால் சத்தியம் செய்தாள்.

அதற்குப் பிறகு பலவும் செய்து பார்த்தார்கள். தமிழிலேயே ‘சாப்பிடு’ என்று சொல்லக் கற்றுக்கொடுத்தார்கள். முதல் எழுத்திலேயே அவன் போய்விட்டான், மீதி மூன்று எழுத்தும் பிணத்தின் காதில் விழுந்தன. மறுபடி ‘வா’ என்று நீட்டித்தான் மா மியா அவனை எழுப்பினாள். ‘தின்னு’ என்று சொல்லச் சொன்னார்கள். மாட்டுக்குச் சொல்வதுபோல் இருக்கிறது என்று அவனுக்குக் கோபம் வந்தது. புத்த பிக்குகளை உபசரிக்கிற மரியாதைச் சொல் ஒன்று உண்டு, அதைச் சொல்லலாமே என்றார் ஷம்சுதீன். தன் புருஷன் ஒன்றும் சந்நியாசி இல்லை என்று மா மியா முகம் சிவந்து மறுத்துவிட்டாள். கடைசியில் ஒன்றும் சொல்லாமல் பரிமாறினாள். செல்லக்கண்ணு ஒன்றும் சொல்லாமல் சாப்பிட்டான். மாதம் போகப் போக அவன் இளைத்தான். லுங்கி இடுப்பில் நிற்காமல் கயிறு கட்டிக்கொண்டான். நல்ல இறால் குழம்பைக்கூட மருந்துபோல் விழுங்கினான்.

“வாயத் தொறந்து சொல்லாம வெக்கிற சோறு எனக்கு எறங்கல, மியா. நீ சொல்லு. நான் செத்தா செத்துட்டுப் போறேன், நீதான் கூப்புடுவியே” என்றான் ஒருநாள். அதற்குள் அவன் பர்மிய மொழியில் தேறியிருந்தான். அவள் சொல்வது சாப்பாட்டைத்தான் என்று புத்திக்குத் தெரியும். காதுக்குத் தெரியவில்லை. மா மியா ஒரு நாழி அழுதாள். பிறகு, ‘சா பா’ என்றாள். அவன் செத்தான். ‘வா’ என்றாள், நீட்டி. அவன் எழுந்து இரண்டு தட்டுச் சோறு சாப்பிட்டான். அன்றிலிருந்து வேளைக்கொரு தரம் இதுதான் வழக்கம். விருந்து நாட்களில், சோற்றை ஆறவிடக்கூடாது என்று அவள் இரண்டு சொல்லையும் அடுத்தடுத்துச் சொல்லிவிடுவாள். அப்போது அவன் சாவதே தெரியாது, ஒரு விக்கல்போல் இருக்கும்.

எல்லாரும் இதை ஏற்றுக்கொள்ளவில்லை. ஆலைத் தமிழர்களுக்கெல்லாம் மேஸ்திரி அப்பாசாமி. செல்லக்கண்ணுவைக் கப்பலில் அழைத்து வந்தவர் அவர்தான். அவனுக்கு நல்லது நினைக்கிறவர், அதனால்தான் அவர் பேச்சு அவனைச் சுட்டது. “ஒரு நா இல்ல ஒரு நா அவளுக்குத் தொண்ட கட்டிக்கும்டா. அப்ப யாரு ஒன்னக் கூப்புடுவா? விட்டுட்டு ஊருக்குக் கெளம்பு. நான் கப்பலேத்தி விடுறேன்” என்றார். செல்லக்கண்ணு தலையைக் குனிந்துகொண்டு, “அண்ணே, அங்க எனக்கு யாரு சோறு சாப்புடச் சொல்லுவா?” என்றான். மேஸ்திரி வேட்டியை உதறிக்கொண்டு போய்விட்டார்.

1924-இல் ஒரு பெண் குழந்தை பிறந்தது. தமிழர்கள் தங்கமணி என்றார்கள், பர்மியர்கள் மா ஷ்வே என்றார்கள், இரண்டும் தங்கம்தான். குழந்தை எந்த மொழி பேசப்போகிறது என்று சந்துக்குள் இரண்டு கட்சி உண்டாயிற்று. குழந்தை இருவருக்கும் பிடிகொடுக்கவில்லை. நடந்தது, ஓடியது, பூனையின் வாலைப் பிடித்து இழுத்தது, மூன்று வயது தாண்டியும் ஒரு சொல் பேசவில்லை. அப்பா சாவதையும் எழுவதையும் பார்த்துக்கொண்டே தன் கிண்ணத்தைக் காலிசெய்யும். அத்தனை மொழி கேட்டால் குழந்தைக்குக் குழம்பத்தான் செய்யும் என்றார் அப்பாசாமி. அது குழம்பவில்லை, பொறுக்கி எடுக்கிறது என்றார் ஷம்சுதீன்.

1927-இல் மழைக்காலம் ஓய்ந்த வாரத்தில் மேஸ்திரி சொன்னது நடந்தது. மா மியாவுக்கு இரண்டு நாளாகத் தொண்டை வலி. அன்று மத்தியானம் கரகரத்த குரலில் ‘சா பா’ என்றாள், செல்லக்கண்ணு சாய்ந்தான், அதோடு அவள் குரல் அடைத்துக்கொண்டது. வாயைத் திறந்தாள், காற்றுதான் வந்தது. வெந்நீர் குடித்தாள், இஞ்சி மென்றாள், கழுத்தை நீவினாள். காற்றுதான். வாசலுக்கு ஓடி ஷம்சுதீன் கடைத் தட்டிக்கதவை இரண்டு கையாலும் அடித்தாள்.

ஷம்சுதீன் வந்து செல்லக்கண்ணுவின் காதில் ‘வா’ என்றார். அவன் முகத்தில் ஒரு சிரிப்பு வந்து நின்றது, உயிர் வரவில்லை. தெரிந்தவர் கூப்பிட்டால் போதாது, எத்தனை பேரால் முடியுமோ அத்தனை பேரும் கூப்பிடவேண்டும் என்று அவருக்குத் தோன்றியது. சந்து முழுக்க ஆள் விட்டார். மூட்டைதூக்கிகள் வந்து தெலுங்கில் ‘ரா’ என்றார்கள். வலது கால் பெருவிரல் அசைந்தது. சீனத் தச்சர் உளியைக் கீழே வைத்துவிட்டு வந்து ‘லாய்’ என்றார். இடது கை விரல்கள் மடங்கின. சம்பான்காரர்கள் ‘ஆயோ’ என்று அக்கரையைக் கூப்பிடுவதுபோல் கூப்பிட்டார்கள். மூக்கு நுனி வேர்த்தது. பர்மியப் பெண்கள் கூடி, அண்ணனைக் கூப்பிடுகிற முறையில் ‘லா, லா, கோ கண்ணு’ என்றதும் இமை துடித்தது. ஆலையின் ஆங்கிலோ இந்தியக் குமாஸ்தா தொப்பியை எடுத்துவிட்டு ‘கம்’ என்றார்; ஒன்றும் அசையவில்லை, ஆனால் அவர் மனம் கோணக்கூடாது என்று மீசை அசைந்ததாகச் சொல்லிவைத்தார்கள். ஒரு பாய்லர்க் கூலியைத் திருப்பிக் கூப்பிட இத்தனை மொழி ஒரு சந்துக்குள் வரிசையில் வந்து நின்றதை நினைத்தால் இப்போதும் பெருமையாக இருக்கிறது. உடம்பெல்லாம் வந்துவிட்டது. மூச்சு மட்டும் வரவில்லை.

பொழுது சாய்ந்தது. அப்பாசாமி மூங்கிலும் தென்னங்கீற்றும் கொண்டுவரச் சொன்னார். அவர் கண் கலங்கியிருந்தது. சொன்னேனே என்று ஒரு வார்த்தை அவர் சொல்லவில்லை, அந்த மட்டில் நல்ல மனிதர். “இருட்டறதுக்குள்ள எடுத்துருவோம் பாய். அவனையும் எத்தன நேரம் இப்படிப் போட்டு வெக்கிறது?” என்றார். மா மியா புருஷனின் மார்பின் மேல் குறுக்கே படுத்துக்கொண்டாள். இரண்டு பேர் தூக்கியும் அவளை எடுக்க முடியவில்லை. அவள் உதடு ‘வா’ என்று குவிந்து குவிந்து விரிந்ததை எல்லாரும் பார்த்தார்கள். சத்தம் இல்லாத அந்தச் சொல்லைப் பார்க்க முடியாமல் ஷம்சுதீன் சுவரைப் பார்த்துத் திரும்பிக்கொண்டார்.

குழந்தையை மட்டும் எல்லாரும் மறந்திருந்தார்கள், பக்கத்து வீட்டு டோ ன்யூனைத் தவிர. அந்த அம்மாள் மூலையில் உட்கார்ந்து, பட்டினி கிடக்கிறதே என்று அதற்கு மொஹிங்கா ஊட்டிக்கொண்டிருந்தாள். தங்கமணி கிண்ணம் அடிதெரியச் சாப்பிட்டது. டோ ன்யூன் இன்னும் ஒரு வாய் என்று நீட்டினாள். குழந்தை முகத்தைத் திருப்பியது. திருப்பிய பக்கம் அப்பா கிடந்தான். அப்பாவைப் பார்த்துக்கொண்டே, கையால் கிண்ணத்தைத் தள்ளிக்கொண்டே, நீட்டி, தெளிவாக, தன் வாழ்நாளின் முதல் சொல்லைச் சொன்னது.

“வா.”

செல்லக்கண்ணு மா மியாவையும் சேர்த்துத் தூக்கிக்கொண்டு எழுந்தான். கூட்டத்தைப் பார்த்தான், மூங்கிலைப் பார்த்தான், ஓரமாக இருந்த தட்டைப் பார்த்தான். “சோறு ஆறிப்போச்சே” என்றான். மா மியா அவன் முதுகில் இரண்டு கையாலும் அடித்தாள், சத்தமில்லாமல்.

குழந்தை சொன்னது தமிழா, பர்மிய மொழியா என்ற வழக்கு அன்று ராத்திரியே தொடங்கிவிட்டது. அப்பனைக் கூப்பிட்டது, தமிழ்தான் என்றார் அப்பாசாமி. வயிறு நிறைந்துவிட்டது என்று என்னிடம் சொன்னது, பர்மிய மொழிதான் என்றாள் டோ ன்யூன். ஷம்சுதீனிடம் தீர்ப்புக் கேட்டார்கள். குழந்தைக்கு ரெண்டும் ஒண்ணுதான், வயிறும் ரொம்பணும், வாப்பாவும் வரணும் என்று அவர் சொன்னதை இரண்டு கட்சியும் தங்களுக்குச் சாதகமாக எடுத்துக்கொண்டன. பாடைக்கு வாங்கிய மூங்கிலை அப்பாசாமி வீணாக்கவில்லை. அதில் மா மியாவின் கடைக்குப் பந்தல் போட்டுக்கொடுத்தார், அதன் பிறகு கப்பல் பேச்சை எடுக்கவில்லை. மா மியாவுக்கு ஒரு வாரத்தில் குரல் திரும்பியது. அவள் முதலில் சொன்ன சொல் ‘சா பா’.

1929-இல் அந்தச் சந்துக்குக் குடிவந்த ஒரு மதுரைக்காரர், மத்தியானம் பருப்பு வாங்க நின்றபோது எதிர்வீட்டில் ஒரு ஆள் பொத்தென்று விழுவதைப் பார்த்துப் பதறிவிட்டார். “பாய், அங்க ஒருத்தர் செத்துட்டாருங்க!” என்று கத்தினார். ஷம்சுதீன் தராசிலிருந்து கண்ணை எடுக்கவில்லை.

“சாப்புட உக்காந்துருக்காரு” என்றார். எதிர்வீட்டிலிருந்து ஒரு பெரிய குரலும் ஒரு சின்னக் குரலும் சேர்ந்து ‘வா’ என்றன.