நிக்தே இடுப்பில் ஏறிய நாள்

நெல்சி காஹும் பேச ஆரம்பித்தால் வெயிலில் நிற்பதே மறந்துபோகும். யாஷ்முல் என்ற பழைய மாயா நகரத்து இடிபாடுகளைச் சுற்றிக்காட்டுகிறவர்களில் அவளுக்கு நிகர் கிடையாது. மற்ற வழிகாட்டிகளே தங்கள் கூட்டத்தை அம்போவென்று விட்டுவிட்டு அவள் சொல்வதை ஒட்டுக்கேட்பார்கள். அப்பேர்ப்பட்ட வாய்க்காரிக்கு, ஒரே ஒருத்தியிடம் ஒரே ஒரு விஷயம் கேட்க மூன்று மாதமாக நாக்கு எழவில்லை.

அந்த ஒருத்தி அவெலினா டுயூப். நெல்சியின் மூத்த பையனுக்கு ஞானத்தாய். அந்த முறையில் இருவரும் ஒருவருக்கொருவர் கொமாத்ரே. யுகத்தானில் கொமாத்ரே என்றால் கூடப்பிறந்தவளைவிட ஒரு படி மேல். இருவரும் ‘நீங்க’ போட்டுத்தான் பேச வேண்டும். சண்டை போடவே கூடாது. அப்படியே சண்டை வந்தாலும் ‘நீங்க’ போட்டுத்தான் போட வேண்டும், அது இன்னும் கொடுமை.

கேட்க வேண்டிய விஷயம் நெல்சியின் கைக்குழந்தை நிக்தேயைப் பற்றியது. அந்தப் பக்கத்தில் பிறந்த குழந்தையைப் படுத்த வாக்கில்தான் ஏந்துவார்கள். பெண் குழந்தை என்றால் மூன்றாம் மாதத்தில், நல்ல பெண்மணி ஒருத்தி அதன் கால்களை விரித்து முதன்முதலாக இடுப்பில் உட்காரவைத்து, மேசையைச் சுற்றி வருவாள். யார் இடுப்பில் முதலில் உட்காருகிறதோ அவர் குணம் பிள்ளைக்கு ஒட்டிக்கொள்ளும். நிக்தேக்கு இந்த வாரத்தோடு மூன்றாம் மாதம் முடிகிறது. நெல்சிக்கு அவெலினாவின் இடுப்பைத் தவிர வேறு இடுப்பு பிடிக்கவில்லை.

பிடிக்காமல் போனதில் தப்பும் இல்லை. ஊருக்கு வெளியே காட்டுக்குள் இருந்த பாறைக்கிணற்றை ஆண்களெல்லாம் பாம்பு வாழும் பொந்து என்று ஒதுக்கியபோது, இடுப்பில் கயிற்றைக் கட்டிக்கொண்டு முதலில் உள்ளே இறங்கியவள் அவெலினா. படி கட்டினாள், மேலே சமையல்கொட்டகை போட்டாள். இன்று அதே ஆண்கள் அங்கே சம்பளத்துக்கு இலை கூட்டுகிறார்கள்.

சண்டை வந்த விதத்தைக் கேட்டால் வெளியூர்க்காரர்கள் சிரிப்பார்கள். நிக்தே பிறந்த மறுநாள், அவெலினா ஒரு பானை கோழிச்சாற்றைத் தூக்கிக்கொண்டு உச்சிவெயிலில் சைக்கிள் மிதித்து வந்தாள். வெயில் சூட்டோடு வந்தவர் பச்சைக்குழந்தையைப் பார்க்கக் கூடாது, உடம்பு ஆறிய பிறகுதான் பார்க்க வேண்டும். இது அவெலினாவுக்குத் தெரியாததல்ல. “மரத்தடியில கொஞ்சம் உக்காருங்க கொமாத்ரே, நான் கூப்பிடறேன்” என்று படுக்கையிலிருந்தே நெல்சி குரல் கொடுத்தாள். கொடுத்தவள் அப்படியே தூங்கிப் போனாள். அவெலினா உட்கார்ந்தாள். கோழிகள் மரத்தில் ஏறி அடையும் வரை உட்கார்ந்திருந்தாள். பிறகு பானையை மதில்மேல் வைத்துவிட்டுப் போய்விட்டாள்.

குரல் கொடுத்திருக்கலாமே என்பது நெல்சியின் கட்சி. பிச்சைக்காரியா நான், வாசலில் நின்று குரல் கொடுக்க என்பது அவெலினாவின் கட்சி. இரண்டும் நேருக்கு நேர் சொல்லிக்கொண்டதல்ல, ஊரார் வாய்வழி போய்ச் சேர்ந்தது.

சுற்றுலாக் கூட்டத்தை வழக்கமாக நீந்தக் கூட்டிப்போகும் கிணற்றில் இன்றைக்குப் படிக்கட்டு வேலை நடக்கிறது. அதனால் நெல்சியின் கூட்டத்தை அவெலினாவின் கிணற்றுக்குக் கொண்டுபோகும்படி அலுவலகத்தில் சொல்லிவிட்டார்கள். வேனை ஓட்டுவது நெல்சியின் கணவன் லிம்பர். பின் இருக்கையில் தூளி கட்டி நிக்தே தூங்குகிறாள், பால் குடிக்கிற பிள்ளையை விட்டு வர முடியாது.

“இன்னிக்காவது கேட்டுடு,” என்றான் லிம்பர். “இல்லன்னா எங்க அக்காவைத்தான் கூப்பிடணும்.”

“உங்க அக்கா குணம் ஒட்டினா பொண்ணு காலை பத்து மணிக்குத்தான் எழுந்திருப்பா.”

“நீ பேசறியா தூக்கத்தப் பத்தி?”

நெல்சி திரும்பித் தூளியை ஆட்டினாள்.

யாஷ்முல்லில் அன்று எட்டுப் பேர். மெரெத்தே என்ற டென்மார்க் டீச்சர், நல்ல உயரம், எதைப் பார்த்தாலும் கண் விரிகிற சுபாவம். மற்றவர்கள் மொந்தெர்ரே நகரத்திலிருந்து வந்த ஒரு குடும்பம். நெல்சி அவர்களை வெள்ளைக்கல் பாதையில் நடத்திப்போய், மரங்கள் முடிகிற இடத்தில் சட்டென்று நிறுத்தினாள். எதிரே பெரிய கோபுரம். அவள் ஒன்றும் சொல்லவில்லை. முதலில் பார்க்க விட வேண்டும் என்பது அவள் கணக்கு. எத்தனை வருடமாக வந்தாலும் அவளுக்கும் அந்த இடத்தில் மூச்சு ஒரு நிமிடம் நின்றுவிடும். இரும்பு ஆயுதம் இல்லாமல், வண்டிச் சக்கரம் இல்லாமல், மாடு இல்லாமல், அவள் முன்னோர்கள் கையாலும் முதுகாலும் எழுப்பினார்கள். நினைத்தாலே பெருமையாக இருக்கும்.

“நேரா ஏறாதீங்க, குறுக்கும் நெடுக்குமா ஏறுங்க,” என்றாள். “இது ராஜாக்களுக்குக் கட்டின படி. முழங்காலுக்குக் கட்டினது இல்ல.”

பாதி உயரத்தில் சுண்ணச்சாந்தில் செய்த அரசியின் முகம் இருக்கிறது. மூக்கு நுனி மட்டும் போயிருக்கிறது, உதடுகள் இப்போதுதான் பேசி முடித்ததைப் போல ஈரமாகத் தெரியும். நெல்சி அந்த அரசியைப் பற்றிச் சொன்னபோது மொந்தெர்ரே குடும்பத்தின் சின்னப்பெண் கைபேசியை இறக்கிவிட்டாள். ஒரு வழிகாட்டிக்கு இதைவிடப் பெரிய விருது கிடையாது.

உச்சியில் காற்று வீசியது. கண்ணுக்கு எட்டிய வரை சமதளமான காடு, எங்கேயும் ஒரு மேடு இல்லை. மெரெத்தே கைகளை விரித்து நின்றாள். “இதைப் பார்க்காமலே செத்துப்போயிருப்பேனே!” என்றாள். தூரத்தில் ஆலமரங்கள் மட்டும் ஒரு இடத்தில் கரும்பச்சையாகக் கூடி நின்றன. அவற்றின் கீழேதான் அவெலினாவின் கிணறு. நெல்சி அந்தப் பக்கம் பார்க்காமல் கூட்டத்தை இறக்கி வேனில் ஏற்றினாள்.

அவெலினா வாசலிலேயே நின்றிருந்தாள். குட்டையான உருவம், பூ வேலை செய்த வெள்ளைச் சட்டை, ஈரம் காயாத கூந்தல். நெல்சியின் தோளுக்கு மேலே பார்த்தபடி, கூட்டத்திடம் மாயா மொழியில் பேச ஆரம்பித்தாள். கூட்டத்துக்கு மாயா தெரியாது. நெல்சிதான் மொழிபெயர்க்க வேண்டும். அவெலினாவுக்கு அது நன்றாகத் தெரியும்.

“வாங்க, வாங்க. எங்க வீட்டுக்கு வந்தவங்கள நாங்க வாசல்லயே உக்கார வச்சுட்டுத் தூங்கப் போறதில்ல.”

நெல்சி தொண்டையைச் செருமினாள். “உங்களை அன்போட வரவேற்கறாங்க.”

“கோபுரம் ஏறி உடம்பு கொதிச்சுப்போய் வந்திருக்கீங்க. கொஞ்சம் நிழல்ல ஆறுங்க. சொன்ன நேரத்துக்கு நானே வந்து கூப்பிடுவேன். சில பேர் மாதிரி இல்ல.”

“தண்ணியில இறங்கறதுக்கு முன்னாடி சித்த நேரம் நிழல்ல இருக்கச் சொல்றாங்க.”

“ஊர் பேர் தெரியாதவங்களுக்கு ஆயிரம் வருஷத்துக் கதை சொல்ல வாய் இருக்கும். சொந்த மனுஷாளுக்கு ஒரு வார்த்தை சொல்ல வாய் இருக்காது. அதெல்லாம் படிச்சவங்க குணம்.”

“வெயிலுக்குத் தடவியிருக்கிற களிம்பெல்லாம் போகக் குளிச்சுட்டு இறங்கணுமாம். மீனுங்களுக்கு ஆகாது.”

வேனில் சாய்ந்து நின்ற லிம்பருக்கு இருமல் வந்தது. மொந்தெர்ரே குடும்பத்துத் தகப்பனார் மட்டும் சந்தேகத்தோடு கேட்டார். “இவ்வளவு நீளமாப் பேசினாங்களே, இவ்வளவுதானா?”

“மாயா மொழி கொஞ்சம் இழுக்கும்,” என்றாள் நெல்சி.

சொன்னபடியே அவெலினா வந்து கூப்பிட்டாள். படிகள் வழியே இறங்கினார்கள். மேலே வட்டமாக வானம், அதிலிருந்து ஆலமர வேர்கள் தண்ணீர் வரை தொங்கின. ஒரு பக்கத்திலிருந்து வெயில் சாய்வாக விழுந்து அடியாழம் வரை நீலமாக இறங்கியது. பேசிக்கொண்டு வந்தவர்கள் எல்லாரும் படியிலேயே கிசுகிசுக்கத் தொடங்கிவிட்டார்கள். மாதா கோவிலில்கூட இவ்வளவு அடக்கமாக இருக்க மாட்டார்கள்.

எல்லாரும் குதித்தார்கள், மெரெத்தே மட்டும் கடைசிப் படியைப் பிடித்துக்கொண்டு நின்றாள். ஆறடி உயரத்துப் பெண்ணுக்குத் தண்ணீர் என்றால் நடுக்கம். சின்ன வயதில் ஏதோ ஏரியில் மூழ்கப் பார்த்தாளாம். அவெலினா சட்டையோடு தண்ணீரில் இறங்கினாள். அவளுக்கு ஆங்கிலத்தில் ஒரு சொல் தெரியாது. உள்ளங்கையை மெரெத்தேயின் முதுகுக்கு அடியில் வைத்தாள், மறு கையால் அவள் நெற்றியை மெல்லப் பின்னுக்குச் சாய்த்தாள். மாயாவில் ஏதோ முணுமுணுத்தாள். நெல்சி மொழிபெயர்க்க வாயெடுத்தாள், அதற்குத் தேவையே வரவில்லை. மெரெத்தேயின் உடம்பு தளர்ந்து, கால்கள் மெல்ல மேலே வந்தன. எப்போது அவெலினா கையை எடுத்தாள் என்று யாருக்கும் தெரியவில்லை. மெரெத்தே தனியாக மிதந்துகொண்டிருந்தாள், மேலே தெரிந்த வட்ட வானத்தைப் பார்த்துச் சிரித்தபடி.

நெல்சி குழந்தையை மடியில் கிடத்திப் படியில் உட்கார்ந்து அதைப் பார்த்துக்கொண்டிருந்தாள். என்ன மனுஷி இவள்! இந்தக் கை என் பெண்ணுக்கு வேண்டும். வீம்பு பிடித்து நானே இதைக் கெடுத்துக்கொள்ளப் பார்த்தேனே என்று தன்மேலேயே ஆத்திரமாக வந்தது. சாப்பாட்டு நேரத்தில் கேட்டே விடுவது என்று முடிவு செய்தாள்.

கொட்டகையில் நீளமான மேசை. அவெலினா உலர்ந்த சட்டை மாற்றிக்கொண்டு வெங்காயம் நறுக்கினாள், உதவிக்கு வந்த பெண்கள் கல்லில் ரொட்டி சுட்டார்கள். பூசணிவிதைத் துவையல் கிண்ணங்கள் வந்தன. நெல்சி இரண்டு கையிலும் எலுமிச்சை சூப் கிண்ணங்களோடு அவெலினாவை நோக்கி நடந்தாள். “கொமாத்ரே” என்ற சொல் நாக்கு நுனியில் நின்றது.

அப்போது கொட்டகைத் தூணில் கட்டியிருந்த தூளியில் நிக்தே அழுதாள். பக்கத்தில் இருந்தவள் மெரெத்தே. வாழ்நாள் பயம் ஒன்று அன்றுதான் போயிருந்தது, உலகத்தில் எல்லோரையும் கட்டிக்கொள்ளத் தோன்றியிருக்கும். “ஐயோ தங்கமே!” என்று குழந்தையை எடுத்தாள். அவர்கள் ஊர் வழக்கப்படி, ஒரு காலை இந்தப் பக்கமும் ஒரு காலை அந்தப் பக்கமுமாக, இடுப்பில் உட்காரவைக்கப் போனாள்.

நெல்சி கத்தப் பார்த்தாள். சத்தம் வரவில்லை. நாள் முழுக்க மூன்று மொழி பேசுகிறவளுக்கு அந்த நேரம் ஒரு மொழியும் கைகொடுக்கவில்லை.

“காலு! கால விரிக்காத!”

அவெலினாவின் குரலில் கொட்டகையே அதிர்ந்தது. கத்தி ஒரு பக்கம், வெங்காயம் ஒரு பக்கம் போனது. குறுக்கே இருந்த பெஞ்சின்மேல் ஏறிக் குதித்து, மெரெத்தேயின் இடுப்பைத் தொடுவதற்கு ஒரு விரற்கடை முன்னால் குழந்தையின் இரண்டு கணுக்கால்களையும் ஒரே பிடியில் பிடித்துவிட்டாள். பிள்ளையை வாங்கி, படுத்த வாக்கில் நெஞ்சோடு அணைத்துக்கொண்டாள். மெரெத்தே இரண்டடி பின்வாங்கினாள்.

அவெலினா அன்று முதல்முறையாக நெல்சியின் முகத்தைப் பார்த்தாள்.

“இன்னுமா இவள இடுப்புல ஏத்தல? மாசம் முடியப் போகுதே! என்ன பண்ணிட்டிருக்கீங்க நீங்க?”

“ஆள் கிடைக்கல.”

“இந்த ஊர்ல இடுப்புக்கா பஞ்சம்?”

“எனக்கு உங்க இடுப்புதான் வேணும் கொமாத்ரே,” என்றாள் நெல்சி. சூப் கிண்ணங்களை மேசையில் வைத்தாள். “அன்னிக்கு நான் தூங்கிட்டேன். வேணும்னு செய்யல. முழிச்சுப் பார்த்தா மதில்மேல பானை மட்டும் இருந்துச்சு. ஓடி வந்து உங்க கால்ல விழுந்திருக்கணும். வெக்கமாப் போச்சு. நாளாக நாளாக வெக்கம் வீம்பாயிடுச்சு. தப்பு என்னுதுதான்.”

மொழி புரியாதவர்களுக்கும் ஏதோ புரிந்திருந்தது.

அவெலினா குழந்தையைப் பார்த்தாள். குழந்தை அவள் காதுத் தோட்டைப் பார்த்தது.

“சாறையாவது குடிச்சீங்களா?”

“ஒரு சொட்டு விடல. பானைய வழிச்சுக் குடிச்சேன்.”

“உப்பு சரியா இருந்துச்சா?”

“கொஞ்சம் தூக்கல்.”

“இருக்கும், அவசரத்துல செஞ்சது,” என்றாள் அவெலினா. திரும்பிப் பார்க்காமலே குரல் கொடுத்தாள். “தட்டெல்லாம் எடுங்கடி மேசையிலருந்து! லிம்பர், தொப்பிய கழட்டிட்டு உள்ள வாங்க.”

நொடியில் மேசை காலியானது. பசியோடு உட்கார்ந்திருந்த மொந்தெர்ரே குடும்பத்தார்கூடத் தங்கள் கிண்ணங்களைத் தாங்களே தூக்கிக்கொண்டு எழுந்து நின்றார்கள். அவெலினா நிக்தேயை உயர்த்தி, கால்களை மெல்ல விரித்து, தன் இடது இடுப்பில் உட்கார வைத்தாள். அவ்வளவு நாளும் கூரையையும் வானத்தையும் மட்டுமே பார்த்த பிள்ளை, முதன்முதலாக நிமிர்ந்து உலகத்தைப் பார்த்தது. தலை கொஞ்சம் ஆடியது, கண்கள் ஆடவில்லை.

அவெலினா மேசையைச் சுற்றி நடக்க ஆரம்பித்தாள். கைக்கு எட்டியதையெல்லாம் ஒவ்வொன்றாகப் பிள்ளையின் கையில் தொட்டுக் காட்டினாள்.

“இது கரண்டி. உன் கையால எது செஞ்சாலும் ருசிக்கணும். இது ஊசி, கிழிஞ்சத தைக்கக் கத்துக்கோ. பென்சில் யாருகிட்டயாவது இருக்கா?” நெல்சி மொழிபெயர்த்ததும் மெரெத்தே பையைக் கொட்டித் தேடி ஒன்றை நீட்டினாள். “இது பென்சில். இது கடல் தாண்டி வந்த அம்மா. பயந்தாங்கொள்ளியா வந்து தைரியசாலியாப் போறாங்க, நல்லாப் பாத்துக்கோ. இது உங்கப்பா. வண்டி நல்லா ஓட்டுவாரு, வேற ஒண்ணும் எதிர்பார்க்காத.”

சிரிப்பு எழுந்தது. லிம்பரும் சேர்ந்து சிரித்தான். சுற்றி வந்த அவெலினா நெல்சியின் எதிரே நின்றாள்.

“இது உங்கம்மா,” என்றாள். “கல்லாக் கிடந்த அரசிக்கெல்லாம் உயிர் குடுத்து எழுப்பற வாய். இந்தப் பக்கத்துல இவங்க மாதிரி ஒருத்தி கிடையாது. நான் எத்தன தடவ மரத்துக்குப் பின்னாடி நின்னு கேட்டிருக்கேன், இவங்களுக்கே தெரியாது. தூக்கம்தான் கொஞ்சம் ஜாஸ்தி.”

நெல்சிக்கு அழுகை பொத்துக்கொண்டு வந்தது. அவெலினா நிற்கவில்லை, குழந்தையை இடுப்பில் ஒருமுறை ஏற்றிப் பிடித்துக்கொண்டு அடுத்த சுற்றுக்குப் போய்விட்டாள்.