திங்கட்கிழமை முழிவியளம்

மூன்றாவது திங்கட்கிழமையும் பஸ் நிற்காமல் போனது. சுதாஜினி பாலத்தடியில் நின்று, புதிதாக வாங்கிய ரோச் லைட்டை இரண்டு கையாலும் தூக்கி ஆட்டினாள். வெளிச்சம் பஸ்ஸின் முன்கண்ணாடியில் பட்டு, அதில் ஒட்டியிருந்த ‘இயேசு ஆசீர்வதிப்பார்’ என்ற எழுத்தைக்கூடத் தெளிவாகக் காட்டியது. சாரதி யோகலிங்கம் நேரே பார்த்தபடி ஓட்டிக்கொண்டு போனார். இருட்டில் ஆள் தெரியவில்லை என்று இனி அவர் கதை சொல்ல முடியாது.

“அம்மா, இண்டைக்கும் இல்லையோ?” என்றாள் யதுர்ஷிகா. விடிய நாலரைக்கு எழும்பித் தலை வாரிப் பூட்டிய சட்டையோடு நின்ற பிள்ளை.

பிள்ளைக்கு எட்டு வயதாக இன்னும் பத்து மாதம் இருந்தால் சுதாஜினி இப்படிப் பதறியிருக்க மாட்டாள். இருப்பது இரண்டு மாதம். இடது கண் சோம்பிக் கிடக்கிறது, எட்டு வயதுக்குள் வைத்தியத்தைத் தொடங்கினால்தான் பார்வையைப் பிடிக்கலாம் என்று பள்ளிக்கூடத்துக்கு வந்த கண் டொக்டர் சொல்லி, கிளிநொச்சி ஆசுபத்திரிக்குத் துண்டு எழுதித் தந்திருந்தார். பிள்ளைகளின் கண் கிளினிக் திங்களில் மட்டும். எட்டு மணிக்குள் போனால்தான் நம்பர். பூநகரிப் பக்கத்து அந்தக் கிராமத்திலிருந்து விடிய ஐந்தரைக்கு ஒரு பஸ். அதை விட்டால் எட்டரைக்கு. எட்டரை பஸ்ஸில் போய் ஒரு திங்கள் திரும்பியும் வந்துவிட்டாள்.

ஒன்றுதான் அவளுக்கு விளங்கவில்லை. பரந்தனில் ஒரு தையல் கடையில் செவ்வாய் முதல் சனி வரை அவளுக்கு வேலை. அந்த ஐந்து நாளும் இதே பஸ், இதே பாலத்தடி, இதே யோகலிங்கம். பஸ் சோக்காக நிற்கும். “ஸ்தோத்திரம் சிஸ்டர்” என்று சிரிப்பும் வரும். திங்களில் மட்டும் இந்த மனிசனுக்குக் கண் எங்கே போகிறது?

அவளும் யோகலிங்கமும் ஒரே சபை. இரவில் பஸ்ஸை விடுவதே சபைக்குப் பக்கத்துக் காணியில்தான். திங்கள் விடியப்புறம் பாஸ்டர் வந்து, பஸ்ஸின் முகத்தில் கை வைத்துப் புதிய வாரத்துக்காக ஜெபம் பண்ணுவார். அதை யோகலிங்கம் போனில் பதிந்து, சபையின் வாட்ஸ்அப் குழுவில் போடுவார். பாலத்தடியில் நின்றபடி அந்த ஜெபத்தையும் கேட்டு, “ஆமென்” என்று எழுதியும் அனுப்பியிருக்கிறாள் சுதாஜினி. அனுப்பி ஐந்து நிமிடத்தில் பஸ் அவளைக் கடந்து போயிருக்கிறது.

ஞாயிறு ஆராதனையில் சாட்சி சொல்லும் நேரம் வந்தது. யோகலிங்கம் எழும்பி, தலையைக் குனிந்து, குரலைத் தாழ்த்தினார்.

“போன ஒரு மாசமா ஒவ்வொரு கிழமையையும் கர்த்தரோட தொடங்கிறன். ஒரு பிரேக் டவுன் இல்லை. ஒரு குறையும் இல்லை. அவருக்கே நன்றி.”

சபை முழுவதும் கை தட்டியது. சுதாஜினியின் கை மடியிலேயே கிடந்தது.

ஆராதனை முடிந்து செருப்பைத் தேடிக்கொண்டிருந்தபோது பஸ் கொண்டக்டர் ரஜிதன் பக்கத்தில் வந்தான். யோகலிங்கத்தின் மைத்துனன், நாற்பது வயது, பொய் சொல்லத் தெரியாத முகம்.

“தங்கச்சி, கோவிக்காதையுங்கோ. திங்களில மட்டும் ஆலடிக்கு நடந்து வந்து ஏறுங்கோ. கருவாடு விக்கிற கலந்தர் நானா அங்க நிப்பார். அவர் முதல் ஏறட்டும். பிறகு நீங்கள் ஏறினால் ஒரு பிரச்சினையும் இல்லை.”

“ஏன், நான் முதல் ஏறினால் என்ன பிரச்சினை?”

ரஜிதன் பிடரியைச் சொறிந்தான். “கிழமையின்ர முதல் முழிவியளம். அத்தான் அதிலை கொஞ்சம் பாக்கிறவர்.”

முழிவியளம். புறப்படும்போது எதிர்ப்படும் முதல் முகம். அது நல்ல முகமாக இருந்தால் போன காரியம் நடக்கும். கைம்பெண்ணின் முகமாக இருந்தால் விளங்காது. பன்றிக்கு யாரோ கட்டி வைத்த கரண்ட் கம்பியில் புருசன் குகதாசன் மாட்டிச் செத்த இரண்டு வருடத்தில், இந்தச் சொல்லை எத்தனை வாசலில் எத்தனை பேர் அவளுக்கு முகத்தைத் திருப்பிச் சொல்லியிருக்கிறார்கள்! சொந்தத் தங்கையின் கலியாணத்திலேயே குசினிக்குள் இருக்கச் சொன்னார்கள். இந்தச் சபைக்கு அவள் வந்ததே அதனால்தான். இங்கே கைம்பெண் என்று ஒரு சாதி இல்லை, எல்லாரும் பிள்ளைகள் என்று பாஸ்டர் முதல் நாளே சொன்னார். அதைக் கேட்டு அன்றைக்கு அவள் அழுதாள். அந்த அழுகையைத் திருப்பித் தாருங்கள் என்று கேட்கலாம் போல இப்போது இருந்தது.

சுதாஜினி நேரே பாஸ்டரிடம் போனாள். அவர் பொறுமையாகக் கேட்டார். கெட்ட மனிதர் இல்லை. சபைச் சனத்தைக் கன்வென்சனுக்கு ஏற்றி இறக்குவது யோகலிங்கத்தின் பஸ் என்பதும் அவருக்குத் தெரியும்.

“சிஸ்டர், அவர் விசுவாசத்தில இன்னும் பலவீனம். நீங்கள் பலமானவ. கொஞ்சம் விட்டுக் குடுங்கோ. ஆலடி எவ்வளவு தூரம், அரைக் கட்டை வருமோ?”

“நான் தூரத்தைப் பற்றிக் கேக்கேல்லை பாஸ்டர்.”

“நாங்கள் ஜெபிப்பம்.”

“நீங்கள் ஜெபிச்ச பஸ்தான் என்ர பிள்ளையை விட்டிட்டுப் போகுது.”

அவர் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். துடைத்து முடியும்வரை அவள் நின்றாள்.

வெளியே சுப்பம்மா காத்திருந்தாள். அறுபத்திரண்டு வயது, அவளும் கைம்பெண், சபையில் கடைசி வாங்கில் இருப்பவள், எல்லாவற்றையும் கேட்டிருந்தாள்.

“ஆலடிக்கு நட பிள்ளை. நானும் திங்களில சந்தைக்கு அப்பிடித்தான் போறனான். ஆறு வருசமாச்சு. பழகிடும்.”

சுதாஜினிக்கு யோகலிங்கத்தின் மேல் இருந்த கோபத்தை விட இந்தப் ‘பழகிடும்’ மேல் கோபம் வந்தது. வயது போன மனுசியைப் பேச வாய் வரவில்லை. நேரே வீட்டுக்குப் போனாள்.

அடுத்த நாள் திங்கள், விடிய ஐந்தே காலுக்கு அவள் பாலத்தடியில் நிற்கவில்லை. யதுர்ஷிகாவைச் சைக்கிளில் ஏற்றி, சபைக் காணிக்கே போனாள். சைக்கிளை வேலியில் சாத்தினாள். பாஸ்டர் பஸ்ஸின் முகத்தில் இரண்டு கையும் வைத்து நின்றார். யோகலிங்கம் தொப்பியைக் கழற்றி நெஞ்சோடு பிடித்திருந்தார். ரஜிதன் போனைப் பிடித்திருந்தான். மூன்று பேருக்கும் கண் இறுக்க மூடியிருந்தது.

சுதாஜினி பிள்ளையின் வாயில் விரலை வைத்தாள். பஸ் கதவு திறந்து கிடந்தது. பிள்ளையைத் தூக்கிப் படியில் விட்டாள், பின்னால் ஏறினாள், சாரதிக்குப் பின் சீற்றில் பிள்ளையை ஜன்னல் பக்கம் இருத்திவிட்டுத் தானும் இருந்தாள்.

“இந்தப் புதிய வாரத்தில, ஆண்டவரே, இந்த வாகனத்தில முதல் காலடி வைக்கிற ஆளை நீரே தெரிந்தெடுத்து, ஆசீர்வாதமாய் அனுப்பும்!” என்று பாஸ்டர் உருக்கமாக முடித்தார்.

“ஆமென்!” என்றாள் சுதாஜினி, பஸ்ஸுக்குள் இருந்து, காணி முழுக்கக் கேட்க.

மூன்று பேரும் ஒன்றாகக் கண்ணைத் திறந்தார்கள். யோகலிங்கத்துக்கு முகம் பேயறைந்த மாதிரிப் போனது. படியடிக்கு வந்தார். ஏறவில்லை.

“சிஸ்டர், ஒருக்கா இறங்குங்கோ. ஆலடி வரைக்கும் ரஜிதன் உங்களைச் சைக்கிளில கொண்டுவந்து விடுவான். கலந்தர் நானா ஏறின பிறகு ஏறுங்கோ. இறங்கி ஏறிறதில உங்களுக்கு என்ன நட்டம்?”

“நான் இறங்கமாட்டன்.”

“பஸ் ஓடுறவனுக்குத்தான் பயம் தெரியும். நாப்பது உயிரைக் கொண்டு போறன்.”

“என்ர பிள்ளையும் ஒரு உயிர்தானே அண்ணை? மூண்டு திங்கள் இதின்ர கண்ணை ரோட்டில விட்டிட்டுப் போனீங்கள். பிறகு ஞாயிறில எழும்பி ஒரு குறையும் இல்லையெண்டு சாட்சி சொன்னீங்கள். கேட்டுக்கொண்டு இருந்த நான் குறை இல்லையோ?” ரஜிதனின் கையிலிருந்த போனைக் காட்டினாள். “உங்கட ஜெபம் நான் ஏறினவுடன கலைஞ்சு போற அளவுக்கு மெலிஞ்சதெண்டால், அதை ஏன் குழுவில போட்டு எங்களையும் ஆமென் சொல்ல வைக்கிறீங்கள்?”

யோகலிங்கம் பாஸ்டரைப் பார்த்தார். சுதாஜினியும் பார்த்தாள்.

“பாஸ்டர், நீங்கள் கேட்ட ஆள்தான் வந்திருக்கு. சொல்லுங்கோ.”

ஒரு சொல் போதும். பாஸ்டர் குனிந்து காற்சட்டையில் ஒட்டியிருந்த புல்லைத் தட்டினார். அவ்வளவு படித்த மனிதருக்கு அந்த நேரம் புல்லுத்தான் அகப்பட்டது.

ரஜிதன்தான் மணியை அடித்தான். “அத்தான், அஞ்சு முப்பத்தெட்டு. மற்ற பஸ்காரன் பூநகரியால வெளிக்கிட்டிருப்பான். மெயின் ரோட்டுச் சனத்தை அவன் ஏத்திப்போடுவான்.”

கடவுளுக்கும் மனிசிக்கும் அசையாத யோகலிங்கம் மற்றப் பஸ்காரனுக்கு அசைந்தார். ஏறி, திறப்பைத் திருப்பினார். பாலத்தடியைக் கடக்கும்போது யதுர்ஷிகா வெறும் வீதியைப் பார்த்துக் கையசைத்தாள். ஆலடியில் கலந்தர் கருவாட்டுப் பெட்டியோடு ஏறினார்.

“அட, இண்டைக்குப் பிள்ளையள் எனக்கு முதல் வந்திட்டீங்க!” என்று சிரித்துவிட்டுப் பின் சீற்றுக்குப் போனார். தன்னுடைய முகத்தை ஒரு பஸ் ராசிக்கு வைத்து ஓடுகிறது என்பது அந்த மனிசனுக்குத் தெரியவே தெரியாது.

ஏழு இருபதுக்கு ஆசுபத்திரி. நம்பர் ஒன்பது. டொக்டர் பிள்ளையின் கண்ணுக்குள் வெளிச்சம் அடித்துப் பார்த்துவிட்டு, “துண்டு தந்து எவ்வளவு நாள்? ஏன் இவ்வளவு பிந்தினீங்கள்?” என்று ஏசினார். பஸ் நிக்கேல்லை என்றாள் சுதாஜினி. எல்லாரும் சொல்லும் சாட்டு என்பது போல அவர் தலையை ஆட்டினார். வலது கண்ணை மூடி ஒட்டு, கண்ணாடி, திங்கள் தவறாமல் வரவேண்டும், ஒரு கிழமையும் விடக்கூடாது. இன்னும் காலம் இருக்கு, என்றார் கடைசியில். சுதாஜினி வராந்தாவுக்கு வந்து, சுவரைப் பார்த்துக்கொண்டு கர்த்தருக்கு நன்றி சொன்னாள். அந்த நன்றியில் அவளுக்கு ஒரு கள்ளமும் இருக்கவில்லை.

பின்னேரம் ஆறு மணிக்குக் குழுவில் யோகலிங்கத்தின் குரல் வந்தது. “புதிய வாரத்தின் முதல் பயணத்தைக் கர்த்தர் பாதுகாத்தார். பஸ் நிறையச் சனம். ஒரு குறையும் இல்லை. ஸ்தோத்திரம்.” கீழே பாஸ்டர் கைகூப்பிய படம் போட்டிருந்தார். அதன் கீழே பதினாறு ஆமென்.

சுதாஜினி சோற்றுப் பானையை இறக்கி வைத்தாள், கையைத் துடைத்தாள், போனை எடுத்துக் குரல் பதியும் பொத்தானை அமத்திப் பிடித்தாள்.

“யோகலிங்கம் அண்ணை, அந்தப் பஸ்ஸில முதல் ஏறினது நான். நீங்கள் இறங்கச் சொன்னீங்கள், நான் இறங்கேல்லை. அதைச் சொல்ல மறந்திட்டீங்கள். வாற திங்களும் பிள்ளைக்குக் கிளினிக். பாலத்தடியில நிப்பன், நிப்பாட்டுங்கோ. நிப்பாட்டாட்டி சபையடியில வந்து ஏறுவன். எல்லாருக்கும் ஆசீர்வாதமான கிழமையாய் இருக்கட்டும்.”

அனுப்பினாள். நாற்பத்தாறு பேர் இருக்கிற குழு. ஒருவர், இரண்டு பேர், பத்துப் பேர் கேட்டார்கள். ஒரு ஆமென் வரவில்லை. யதுர்ஷிகா ஒட்டுப் போட்ட கண்ணோடு வந்து, மற்றக் கண்ணைச் சுருக்கி, “ஆர் அம்மா எழுதினது?” என்று கேட்டாள். ஒருத்தரும் இல்லை என்று சொல்ல வாயெடுத்தபோது போன் அதிர்ந்தது.

சுப்பம்மா. இந்தக் குழுவில் ஒருநாளும் வாய் திறவாத மனுசி. முதலில் ஒரு இருமல், பின்னால் கோழி ஒன்றைத் துரத்துகிற சத்தம், பிறகு குரல்.

“இது சுப்பம்மா கதைக்கிறன். ஆறு வருசமாய்த் திங்களில ஆலடிக்கு நடந்தனான். பழகேல்லை. பழகினதெண்டு பொய் சொன்னனான். வாற திங்கள் நானும் பாலத்தடியில நிப்பன் பிள்ளை. ஆர் முதல் ஏறுறதெண்டு நாங்கள் ரெண்டு பேரும் அங்க வைச்சுப் பாப்பம். ஆமென்.”