என் தப்பை நான்தான் சொல்வேன்

ஜெயசங்கருக்குப் பொறாமை வந்துவிட்டால் சிரம்பானை ஒட்டிய ராசா வட்டாரத்தில் மிளகாய் காயப் போட்டவர்களுக்கு அன்று வெயில் தேவைப்படாது. பக்கத்து வீட்டுப் பூனைகூட வேலியோரம் ஒதுங்கித்தான் நடக்கும். இருபத்திரண்டு வருடங்களாக மலேசியாவின் சிரம்பான் நீதிமன்றத்தில், கட்டணம் கொடுக்க வழியில்லாதவர்களுக்காக வாதாடும் சட்ட உதவி வக்கீல் அவர். இத்தனை வருடத்தில் அவர் பொறாமைப்படாத ஆள் கிடையாது. ஆனால் கடைசி இரண்டு வருடங்களாக ஊர்ப் பொறாமை முழுவதையும் வாரிச் சுருட்டி ஒரே இடத்தில் வைத்திருந்தார். அந்த இடத்துக்கு வயது முப்பத்தொன்று, பெயர் மஹ்ஜபீன்.

அவளும் சட்ட உதவி வக்கீல்தான். ராசாவில் ரொட்டிச் சானாய்க் கடை வைத்திருக்கும் நாகூர் கனியின் மகள். தோட்டங்களிலிருந்து மோட்டாரில் வந்து இறங்குகிறவர்கள், நீதிமன்ற வாசலில் கறுப்புக் கோட்டோடு நிற்கும் ஜெயசங்கரைப் பார்த்து, "சார், அந்த முக்காடு போட்ட லாயர் பொண்ணு எங்க?" என்று கேட்பார்கள். ஒரு நாளைக்கு இருநூறு பேர் கேட்பதாக அவர் மனைவி மீனலோசனியிடம் சொன்னார். உண்மையில் அன்று கேட்டவர்கள் மூன்று பேர். அதில் ஒருவர் கழிவறை எங்கே என்றுதான் கேட்டார்.

இதெல்லாம் போதாதென்று, அவள் அவரை 'அங்கிள்' என்று வேறு கூப்பிட்டாள்.

இந்த நேரத்தில்தான் அந்தப் பத்து நிமிடம் வந்தது. தண்டனைச் சட்டங்களை மறுபடி பார்க்கிற குழு ஒன்று ஊர் ஊராகப் போய்க் கருத்துக் கேட்டுக்கொண்டிருந்தது. சிரம்பானுக்கும் வருகிறார்கள். நெகிரி செம்பிலான் மாநிலச் சட்ட உதவி வக்கீல்கள் மாதக்கணக்காகக் கைதிகளைப் பார்த்துப் பேசி, தீர்ப்புகளை எல்லாம் சேர்த்து, ஒரு மனு எழுதியிருந்தார்கள். அதில் முக்கியமான கோரிக்கை ஒன்று. முதல் தடவை திருட்டுக்கு நீதிபதி அபராதத்தோடு விடலாம். இரண்டாம் தடவை என்றால் சிறை கட்டாயம். எதிரில் நிற்பது யார், எடுத்தது எவ்வளவு, எதற்காக என்றெல்லாம் பார்த்துச் சிறை வேண்டாம் என்று சொல்ல அவருக்கு வழியில்லை. அந்த வழியைத் திறந்துவிடுங்கள் என்பதே கோரிக்கை. அதை எடுத்துச் சொல்ல ஒரே ஒரு வக்கீலுக்குப் பத்து நிமிடம்.

"யார்கிட்ட நல்ல வழக்கு இருக்கோ அவங்க பேசட்டும்," என்றார் வக்கீல்களுக்குத் தலைவரான ஹேமநாதன்.

ஜெயசங்கர் அந்தப் பத்து நிமிடத்தைப் பதினைந்து வருடங்களாகக் குளியலறையில் பேசிப் பழகி வைத்திருந்தார். எந்த இடத்தில் குரலைத் தாழ்த்துவார், எந்த இடத்தில் வாளி கவிழும் என்பதுகூட மீனலோசனிக்கு மனப்பாடம். ஆனால் நல்ல வழக்கு அவரிடம் இல்லை. மஹ்ஜபீனிடம் இருந்தது.

கோலா சாவா பக்கத்துத் தோட்டத்து மங்கம்மா. எண்ணெய் எடுக்கும் செம்பனை மரத்தடியில் உதிர்ந்து கிடந்த பழத்தை அரைச் சாக்கு பொறுக்கிக்கொண்டு போனவள். மழைக்காலத்தில் வேலை நாள் குறைந்து போன சமயம். பத்து வருடங்களுக்கு முன்னால் இதே மாதிரி உதிரிப் பழத்துக்காக ஒரு தடவை அபராதம் கட்டியிருந்தாள். ஆகவே இது இரண்டாம் தடவை. நான்கு மாதம் காஜாங் சிறை. வெளியே வந்தபோது தோட்டத்தில் வேலை போயிருந்தது.

"அங்கிள், அந்த மொதோ கேஸோட ஃபைல் மட்டும் கெடைச்சா போதும். கோர்ட்டுல இல்ல. நம்ம ஆபீஸ் பழைய அலமாரிலதான் இருக்கணும். சாவி உங்ககிட்டதானே?" என்றாள் மஹ்ஜபீன்.

"பார்க்கிறேன்," என்றார் ஜெயசங்கர். கெட்டதாக ஏதாவது கிடைக்குமா என்று பார்க்கிறேன் என்பதுதான் அதற்கு அர்த்தம். முதல் தடவை மங்கம்மா ஒரு லோரியையே கடத்தியிருந்தால் எவ்வளவு நன்றாக இருக்கும்!

மறுநாள் காலையே அலமாரியைத் திறந்தார். கிளம்பிய தூசியில் சுவரில் இருந்த பல்லி இரண்டு முறை தும்மியிருக்கும். மூன்றாவது அடுக்கில் ஃபைல் கிடைத்தது. முதல் பக்கத்தைப் புரட்டியவர் அப்படியே நாற்காலியில் உட்கார்ந்தார். கையெழுத்து அவருடையது.

'திருடவில்லை என்கிறார். தோட்டத்துக்கு வெளியே, லோரியிலிருந்து ரோட்டில் விழுந்ததைப் பொறுக்கியதாகச் சொல்கிறார். குற்றத்தை ஒப்புக்கொள்ளச் சொன்னேன். அபராதம். 11.40க்கு முடிந்தது.'

11.40க்குக் கீழே பெருமையாக இரண்டு கோடுகள் வேறு.

அப்போது அவருக்கு 'எக்ஸ்பிரஸ் ஜெயசங்கர்' என்று பெயர். காலையில் இருபத்தாறு ஃபைல் கையில் வரும். மத்தியானச் சாப்பாட்டுக்கு முன்னால் எல்லாம் முடிந்திருக்கும். தோட்டத்து ஆட்களும் அதைத்தான் விரும்புவார்கள். வழக்காடினால் ஏழு தடவை வர வேண்டும், ஏழு நாள் சம்பளம் போகும். ஒப்புக்கொண்டால் அன்றோடு சரி. தோட்டத்து மேஸ்திரியான மந்தோரே பஸ் ஏற்றிவிடும்போது சொல்லி அனுப்புவார்: "ஆமான்னு சொல்லிட்டு வந்துரு, நாளைக்குப் பழ வெட்டு இருக்கு." அந்த ஆமாவுக்குள் பின்னால் வரப்போகிற ஒரு சிறை உட்கார்ந்திருக்கிறது என்று அவளுக்கு யாரும் சொல்லவில்லை. சொல்ல வேண்டியவர் கடிகாரத்தைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

ஃபைலைக் காரின் பின்பெட்டியில் போட்டுப் பூட்டினார். மூன்று நாள் அது அங்கேயே இருந்தது. கார் வழக்கத்தைவிட மெதுவாக ஓடியது. நான்கு மூட்டை சிமெண்டு ஏற்றியது போல இருந்தது என்று அவர் பிற்பாடு சத்தியம் செய்தார்.

"இஞ்சருங்கோ," என்றாள் மீனலோசனி, வீட்டில் இருவரும் பேசும் யாழ்ப்பாணத் தமிழில். "மூண்டு நாளா குளிக்கேக்க உங்கட சத்தத்தையே காணேல்ல. அந்தப் பேச்சு என்னாச்சு?"

"தண்ணி குளிருது."

"பதினைஞ்சு வருசமாக் குளிராத தண்ணியோ? அந்தப் பிள்ளையோட திரும்பவும் என்ன எரிச்சல்?"

"எரிச்சலோ? எனக்கோ? அவளுக்கு ஒரு ஃபைல் வேணுமாம். இல்லையெண்டு சொல்லிப் போட்டன்."

"இருக்கோ, இல்லையோ?"

அவர் அவசரமாகத் தோசையைத் தின்றார்.

வெள்ளிக்கிழமை கூட்டம். யார் பேசுவது என்று ஹேமநாதன் முடிவு செய்ய வேண்டும். ஃபைல் கிடைக்கவில்லை என்று மஹ்ஜபீன் சொன்னதும் ஜெயசங்கரின் முகத்தில் லேசான ஒளி படர்ந்தது. பாதி வழக்கை வைத்து எப்படிப் பேசுவாள்?

அவள் எழுந்து நின்று பேசினாள்.

"ஃபைல் இல்லாட்டியும் பரவால்ல சார். மங்கம்மாக்கா சொன்னத வெச்சு அன்னைக்கு என்ன நடந்திருக்கும்னு எனக்குத் தெரியுது. யாரோ ஒரு லாயர். பேரு தெரியல. அவரு கெட்டவருன்னும் நான் சொல்லல. கை நெறைய ஃபைல். ஒரு அம்மா வந்து, நான் எடுக்கலய்யான்னு சொல்றாங்க. அவரு காதுல அது விழுது, ஆனா கடிகாரச் சத்தமும் விழுது. ஒரே கையெழுத்துல அவங்களத் திருடின்னு ஆக்கிடறாரு. அது அவருக்கே தெரியாது. பத்து வருஷம் கழிச்சு அந்தக் கையெழுத்து அவங்கள ஜெயிலுக்குக் கூட்டிட்டுப் போவுது."

ஹேமநாதன் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். கடைசி வரிசையில் இருந்த கெமாஸ் ஊர் வக்கீல், சொந்த அண்ணன் கல்யாணத்திலேயே தூங்கியவர், நிமிர்ந்து உட்கார்ந்தார்.

ஜெயசங்கரின் காதிலிருந்து புகை வராததுதான் பாக்கி. என்ன அநியாயம் இது! செய்தது அவர். கையெழுத்து அவருடையது. மூன்று நாளாகத் தூங்காமல் புரண்டது அவர். பேர் வாங்குவது இவளா? தான் செய்த தப்பைக்கூட இவள் தன்னைவிட நன்றாகச் சொல்கிறாளே!

"அந்த லாயர் அவங்க பேரக்கூடக் கேட்டிருக்க மாட்டாரு," என்று முடித்தாள் மஹ்ஜபீன்.

"பேர் கேட்டேன்!" என்று கத்திவிட்டார் ஜெயசங்கர்.

நாற்பது கண்கள் திரும்பின. உண்மையில் பதினெட்டுதான்; அவருக்கு நாற்பதாகத் தெரிந்தது.

"பேர் கேட்டேன், வயசு கேட்டேன். என்ன நடந்துச்சுன்னும் கேட்டேன்," என்றார், குரல் போகப் போக இறங்க. "எழுதியும் வெச்சேன். எழுதினதை நான் படிக்கல. அவ்வளவுதான்."

எழுந்து போய்க் காரிலிருந்து ஃபைலை எடுத்து வந்து மேசை மேல் வைத்தார். மஹ்ஜபீன் படித்தாள். 11.40ல் அவள் விரல் கொஞ்ச நேரம் நின்றது. பிறகு ஃபைலை மூடி, மெதுவாகச் சொன்னாள்: "அங்கிள், நானே பேசிடறேன். உங்க பேரு வேணாம். 'ஒரு லாயர்'னு மட்டும் சொல்றேன்."

பாருங்கள், பெருந்தன்மையிலும் அவள்தான் முதல்! அதுவும் அவருக்குப் பொறுக்கவில்லை.

"ஒரு லாயரா? எந்த லாயர்? இது என் தப்பும்மா. என் தப்பை நான்தான் சொல்வேன்."

ஹேமநாதன் இருவரையும் மாறி மாறிப் பார்த்தார். "ஜெயா, சொல்லிட்டா அப்புறம் அந்தப் பேரு உங்களவிட்டுப் போகாது. தெரியும்ல?"

"தெரியும்."

"அப்ப பத்து நிமிஷம் உங்களுக்கு. ஆனா மொதல்ல போய் அந்த அம்மாகிட்ட சம்மதம் கேளுங்க. கேஸ் உங்களோடதுன்னாலும் வாழ்க்கை அவங்களோடது."

பதினைந்து வருடங்களாக ஆசைப்பட்ட பத்து நிமிடம் கிடைத்துவிட்டது. அதைக் கையில் வைத்துக்கொண்டு அவர் கோலா சாவாவுக்குக் காரோட்டியபோது, வழியில் இருந்த ஒவ்வொரு செம்பனை மரமும் கழுத்தை நீட்டி அவரைப் பார்த்தது.

மங்கம்மா பள்ளிக்கூடச் சிற்றுண்டிச் சாலையில் பாத்திரம் கழுவிவிட்டு அப்போதுதான் வீட்டுக்கு வந்திருந்தாள். வாசலில் நின்றபடியே அவர் எல்லாவற்றையும் சொன்னார். குளியலறைக் குரல் எதுவும் வரவில்லை.

அவள் அவரை மேலும் கீழும் பார்த்தாள். "அது நீங்களா? அந்த லாயருக்குத் தல நெறைய முடி இருந்துச்சே."

"அப்ப இருந்துச்சும்மா."

"நான் எடுக்கலன்னு உங்ககிட்ட சொன்னேன்லா?"

"சொன்னீங்க."

"காது கேக்கலையோன்னு நெனச்சேன். அதான் ரெண்டு தடவ சொன்னேன்." சேலையில் கையைத் துடைத்தாள். கோபம் வரும், திட்டுவாள் என்று அவர் காத்திருந்தார். அவள் திட்டவில்லை. திட்டியிருந்தால் தேவலை. "காஜாங்ல நாலு மாசம். என் சின்னவ பரீட்ச எழுதுனப்ப நான் இல்ல. அதையும் சொல்வீங்களா?"

"நீங்க சரின்னா சொல்றேன்."

"சொல்லுங்க. ஆனா நானும் வருவேன். முன்னயே ஒரு தடவ நான் சொன்னதப் பாதியில விட்ட ஆளு நீங்க."

அடுத்த வாரம் மண்டபத்தில் குழுவினர் ஐந்து பேர் உட்கார்ந்திருந்தார்கள். ஜெயசங்கர் எழுந்தார். குரல் தாழ்த்த வேண்டிய இடமெல்லாம் மறந்து போயிற்று. ஃபைலில் இருந்ததை அப்படியே வாசித்தார். சட்டம் இரண்டாவது தடவையை மட்டும் எண்ணுகிறது; முதல் தடவை எப்படி நடந்தது என்று கேட்பதில்லை; முதல் தடவையை நடத்தியவன் நான் என்றார்.

குழுத் தலைவி கேட்டார்: "அன்று காலையில் இப்படி எத்தனை பேர்?"

"இருபத்தாறு."

"அதில் குற்றம் செய்யாதவர்கள் எத்தனை பேர்?"

"தெரியாது. கேட்க நேரம் வைத்துக்கொள்ளவில்லை."

அந்தப் பதிலைத் தலைவி அடிக்கோடிட்டு எழுதிக்கொண்டார். தன் வாழ்க்கையிலேயே மிகச் சிறந்த பேச்சு இதுதான் என்று அவருக்குத் தெரிந்தது. அதில் சந்தோஷப்பட முடியவில்லை என்பதும் தெரிந்தது. உட்கார்ந்தார். மூன்று நிமிடம் மீதி இருந்தது.

"அந்த அம்மா வந்திருக்கிறாரா?" என்றார் தலைவி.

மங்கம்மா எழுந்தாள். சந்தையில் பேசும் பசார் மலாயில்தான் பேசினாள். பேப்பர் இல்லை, வாளி இல்லை, ஒத்திகை இல்லை.

"மொதோ தடவ நான் திருடல. ரெண்டாவது தடவ திருடினேன், பொய் சொல்ல மாட்டேன். அரைச் சாக்கு. மாஜிஸ்திரேட் அம்மா நல்லவங்க. என்னையப் பாத்து, 'சட்டம் என் கையக் கட்டிப் போட்டிருக்கு, நான் என்ன செய்ய'ன்னாங்க. என் கையில வெலங்கு. அந்த ரூம்புல அன்னைக்கு யாரு கைதான் சும்மா இருந்துச்சு? நீங்க சொல்லுங்க."

ஐந்து பேரும் எழுதுவதை நிறுத்தினார்கள். அப்புறம் ஐந்து பேரும் ஒரே சமயத்தில் எழுத ஆரம்பித்தார்கள். மூன்று நிமிடம் முடிந்தது. யாரும் மணியடிக்கவில்லை. அவள் சின்னவளின் பரீட்சையைச் சொன்னாள், சிறையில் பக்கத்துப் பாயில் படுத்த பெண்ணைச் சொன்னாள். இருபத்தைந்து நிமிடம் பேசினாள்.

ஜெயசங்கருக்கு உள்ளே பழைய சூடு ஏறியது. பக்கத்தில் பார்த்தார். மஹ்ஜபீன் முக்காட்டு நுனியைத் திருகித் திருகிக் கயிறாக்கிக்கொண்டிருந்தாள்.

"என்னம்மா?"

"அந்தக் கை வெலங்கு பாயிண்ட் அங்கிள்..." என்றாள் பல்லைக் கடித்தபடி. "ஆறு மாசமா அவங்ககிட்ட பேசறேன். எங்கிட்ட ஒரு தடவகூட அதச் சொல்லல. எனக்கு ஏன் அது தோணல?"

"எரியுதா?"

"எரியுது."

ஜெயசங்கருக்கு அவள் மீது முதன்முறையாக அன்பு பொங்கியது. பெஞ்சில் நகர்ந்து அவளுக்கு இன்னும் கொஞ்சம் இடம் விட்டார்.

சட்டம் அன்றே மாறிவிடவில்லை. ஆனால் வெளியே வரும்போது தலைவியின் உதவியாளர் ஓடிவந்து, புத்ராஜெயாவில் அடுத்த அமர்வுக்கு மங்கம்மா வர முடியுமா என்று கேட்டார். வக்கீல்களை அவர் கேட்கவில்லை.

"நான் கூட்டிட்டுப் போறேன்," என்றார் ஜெயசங்கர், கார்ச் சாவியை எடுத்தபடி.

"அங்கிள் கார் பாதி வழில இருக்கிற நீலாயக்கூடத் தாண்டாது. நான் கூட்டிட்டுப் போறேங்க்கா."

"என் கேஸும்மா இது!"

"என் கிளையண்ட் அங்கிள் அவங்க!"

மங்கம்மா குடையை விரித்தாள். "நீங்க ரெண்டு பேரும் பேசி முடிச்சிட்டு மெதுவா வாங்கலா," என்றாள். "நான் பஸ்ல போய்க்கிறேன்."